பத்தாம் எண்: ஒரு கூடைப்பந்து நாட்குறிப்பு

16 ஜூன் 2022, வியாழன்

மீட்டிங்குக்கு நடுவே போனை எடுத்தால் கூடைப்பந்து வீராங்கனை சூ பேர்டின் இன்ஸ்டாகிராம் பதிவு. இந்த சீசனோடு முடித்துக்கொள்கிறாராம். எதிர்பார்த்ததுதான். அக்டோபர் வந்தால் 42 வயது. போன வருடம் பிளேஆஃபில், அதாவது கோப்பைக்கான இறுதிச் சுற்றுகளில், ஃபீனிக்ஸ் அணியிடம் தோற்ற ராத்திரி, எவரெட் அரங்கில் கூட்டமே 'இன்னும் ஒரு வருஷம்' என்று கத்தியது. அதற்கு ஜனவரியில் 'சரி' என்று ஒரே வார்த்தையில் பதில் போட்டார். அந்த ஒரு வருஷம்தான் இது.

2002-இல் அணிகள் புது வீராங்கனைகளைத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில் சியாட்டில் ஸ்டார்ம் அணி முதல் ஆளாக அவரை எடுத்தது. அன்றிலிருந்து வேறு அணிக்குப் போகவே இல்லை. முழங்கால் அறுவை சிகிச்சையால் 2013-உம் 2019-உம் போச்சு, ஆக 19 சீசன். 2004, 2010, 2018, 2020 என்று நான்கு கோப்பை. ஐந்து ஒலிம்பிக் தங்கம். நான் இந்த ஊருக்கு வேலைக்கு வந்தது 2011. 2010 கோப்பையை ஒரு வருடத்தில் தவறவிட்ட எரிச்சல் இன்னும் இருக்கிறது.

ஆகஸ்ட் 7 ஆட்டத்துக்கு மூன்று டிக்கெட் எடுத்துவிட்டேன். எனக்கு, சின்னவளுக்கு, அப்புறம் ஆறு மாதம் இருக்க வந்திருக்கும் அம்மாவுக்கு. விலையை அம்மாவிடம் சொல்லவில்லை.

25 ஜூன் 2022, சனி

சின்னவளுக்கு ஸ்கூல் கோர்ட்டில் பந்து எறியச் சொல்லிக்கொடுத்துவிட்டு வந்தேன். முழங்கால் வலிக்கிறது. பழைய கதை.

கல்லூரியில் இரண்டாம் வருடம், சிமெண்ட் கோர்ட். ரீபவுண்டுக்கு எகிறி இறங்கினேன், உள்ளே 'டப்' என்று ஒரு சத்தம். சுளுக்கு என்றார்கள். ஐஸ் கட்டி, ஐயோடெக்ஸ், அப்புறம் பக்கத்து ஊர் வைத்தியரிடம் எண்ணெய்க் கட்டு. ஸ்கேன் எடுத்து லிகமென்ட் அறுந்திருக்கிறது என்று தெரிய ஏழு மாதம் ஆனது. அதற்குள் டீமில் என் இடத்துக்கு வேறு ஆள் வந்தாயிற்று. நல்ல பெண். அவளுக்குப் பின்னாளில் ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் ரயில்வே வேலையும் கிடைத்தது.

சூ பேர்டுக்கும் இதேதான் அறுந்தது. 1998, கனெக்டிகட் பல்கலைக்கழகத்தில் முதல் வருடம், எட்டே ஆட்டம் ஆடியிருந்தார். பயிற்சியில் இடது முழங்கால் போனது, அந்த சீசன் முடிந்தது. ஆனால் அங்கே அறுவை சிகிச்சை, பிசியோ, காத்திருக்கிற கோச் எல்லாம் இருந்தது. 2000-இல் சாம்பியன். 2002-இல் 39 ஆட்டம், 39 வெற்றி. அந்த வருட டிராஃப்டில் முதல் ஆறு பேரில் நான்கு பேர் அந்த ஒரே அணிப் பெண்கள்.

கால் சரியாகியிருந்தால் நானும் கிழித்திருப்பேன் என்று சொல்ல வரவில்லை. எனக்கு இடது கையால் பந்தைத் தட்டிக்கொண்டு ஓட இன்றுவரை ஒழுங்காக வராது.

10 ஜூலை 2022, ஞாயிறு

டிவியில் ஆல் ஸ்டார் ஆட்டம், லீக்கின் நட்சத்திரங்கள் மட்டும் ஆடுவது, சிகாகோவிலிருந்து. சூ பேர்டுக்கு இது பதின்மூன்றாவது. அம்மா கீரை ஆய்ந்துகொண்டே பார்த்தார். இடைவேளை முடிந்து வந்தபோது எல்லோருடைய முதுகிலும் 42, எல்லோருக்கும் ஒரே பெயர்.

"ஏன்டி, எல்லாரும் ஒருத்தி சட்டையையே போட்டுட்டு வந்திருக்காளுக?"

சொன்னேன். பிரிட்னி கிரைனர் என்று ஒரு பெண், ஆறடி ஒன்பது அங்குலம். பிப்ரவரியில் ரஷ்யாவுக்கு ஆடப் போனவரை மாஸ்கோ விமான நிலையத்தில் பிடித்து வைத்திருக்கிறார்கள். பையில் கஞ்சா எண்ணெய் இருந்ததாம்.

"அமெரிக்காவுல இல்லாத காசா ரஷ்யாவுல?"

அம்மா விளையாட்டாகக் கேட்டார், ஆனால் கேள்வி சரியான இடத்தில்தான் விழுந்தது. டபிள்யூ.என்.பி.ஏ., அதாவது இங்குள்ள பெண்கள் லீக், சீசன் நாலைந்து மாதம்தான். சம்பளமும் அப்படித்தான். 2020-இல் புது ஒப்பந்தம் வரும்வரை பெரிய நட்சத்திரத்துக்கே வருடத்துக்கு 1,17,500 டாலர்தான் உச்சவரம்பு, அப்புறம் 2,15,000 ஆக்கினார்கள். ஆண்கள் லீக்கில் பெஞ்சில் உட்கார்ந்திருப்பவர் வாங்குவதை ஒப்பிட்டால் சிரிப்பு வரும். அதனால் கோடையில் இங்கே ஆடிவிட்டு, குளிர்காலத்தில் ரஷ்யா, துருக்கி, சீனா என்று மூட்டை கட்டிக் கிளம்புவார்கள். ஓய்வு என்பதே கிடையாது.

சூ பேர்டும் 2004-இலிருந்து 2014 வரை பெரும்பாலான குளிர்காலங்களில் ரஷ்யாவில்தான் ஆடினார். முதலில் டைனமோ மாஸ்கோ. அப்புறம் ஸ்பார்ட்டக். அந்த அணியின் முதலாளி ஷப்தாய் கல்மனோவிச் கதையை எழுதினால் யாரும் நம்ப மாட்டார்கள். சோவியத் உளவுத்துறை கேஜிபியின் உளவாளி என்று இஸ்ரேலில் சிறையில் இருந்துவிட்டு வந்து, மாஸ்கோவில் பெரும் பணக்காரராகி, பெண்கள் கூடைப்பந்துக்குக் கொட்டிக்கொடுத்தவர். பேர்ட், டயானா டோராசி, ஸ்டார்மில் பேர்டோடு ஆடிய லாரன் ஜாக்சன் மூவரும் அவர் அணியில். பெரிய வீடு, தனி விமானம். அந்த அணி 2007 முதல் 2010 வரை ஐரோப்பிய அணிகளுக்கான யூரோலீக் கோப்பையைத் தொடர்ந்து நான்கு முறை வாங்கியது. நடுவே 2009 நவம்பரில் மாஸ்கோ தெருவில் அவரைச் சுட்டுக் கொன்றார்கள்.

அமெரிக்கர்கள் இத்தனை பேர்தான் என்ற வரம்பு அந்த லீக்குகளில் உண்டு. அதற்காக 2006-இல் இஸ்ரேல் குடியுரிமையும் வாங்கினார் பேர்ட், அப்பா வழியில் யூதர் என்பதால். பந்தைக் கூடையில் போட இத்தனை பாஸ்போர்ட் வேலை.

இதையெல்லாம் நான் சொல்லி முடிப்பதற்குள் கீரை ஆய்ந்து முடிந்தது. "தனி விமானம்னியே, இங்க இல்லையா?" என்றார் அம்மா. இல்லை. இங்கே லீக்கில் ஆட்டத்துக்கு ஆட்டம் நம்மோடு சாதாரண விமானத்தில்தான் போகிறார்கள், காலை மடக்கிக்கொண்டு.

4 ஆகஸ்ட் 2022, வியாழன்

கிரைனருக்கு ஒன்பது வருடம்.

எதுவும் எழுதத் தோன்றவில்லை.

7 ஆகஸ்ட் 2022, ஞாயிறு

பஸ்ஸில் டவுன்டவுன் வரை, அங்கிருந்து மோனோரயில். பெட்டி முழுக்கப் பச்சையும் மஞ்சளும், முதுகில் பேர்டின் எண் 10. அம்மா பச்சைப் பட்டுக்கு ஸ்னீக்கர் போட்டு வந்தார். இரண்டு பேர் போட்டோ எடுக்க அனுமதி கேட்டார்கள். முகத்தில் ஒரு களை.

கிளைமேட் பிளெட்ஜ் அரங்கின் கூரை 1962 உலகக் கண்காட்சிக்குப் போட்டது. சுமார் 20,000 டன் எடை. அதை அப்படியே தாங்கிப் பிடித்துக்கொண்டு கீழே தோண்டிப் புது அரங்கைக் கட்டினார்கள். 2008-இல் இந்த ஊரின் ஆண்கள் அணி சூப்பர்சோனிக்ஸை ஓக்லஹோமா சிட்டிக்குத் தூக்கிப் போனபோது ஸ்டார்மும் கூடவே போயிருக்கும். நான்கு உள்ளூர்ப் பெண்கள் சேர்ந்து ஒரு கோடி டாலருக்கு வாங்கி இங்கேயே நிறுத்தினார்கள். இன்று 18,100 பேர், ஒரு நாற்காலி காலியில்லை.

எதிரே லாஸ் வேகாஸ் ஏசஸ். முதல் கால்பகுதி முழுக்க அம்மாவுக்குக் குழப்பம்.

"பந்து கைக்கு வந்த உடனே அடுத்தவளுக்குக் குடுத்துடுறாளே. இதுக்கா இம்புட்டுக் கூட்டம்?"

எனக்கும் ஒரு காலத்தில் இருந்த சந்தேகம்தான். ஒருமுறைகூட எம்விபி, அதாவது சீசனின் சிறந்த வீராங்கனை விருது, வாங்காதவர். ஃபைனல் எம்விபியும் இல்லை. ஐந்தடி ஒன்பது அங்குலம், இவர்கள் நடுவில் அது குள்ளம். பறக்கவும் மாட்டார். பின் எதற்கு?

பந்து இல்லாதபோது அவரை மட்டும் பார்க்கச் சொன்னேன். ஒரு உயரமான பெண் வந்து எதிராளியின் வழியில் சுவர் மாதிரி நிற்பாள். பேர்ட் அவள் தோளை உரசிக்கொண்டு வெளியே வருவார். அந்த ஒரு நொடியில் எதிரணியில் இரண்டு பேர் அவர் மேல் பாய வேண்டியிருக்கும். இரண்டு பேர் இங்கே வந்தால் எங்கோ ஒருத்தி தனியாக நிற்கிறாள் என்றுதானே கணக்கு. பந்து அங்கே போய்விட்டிருக்கும், அவர் கண் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருக்கும். லாரன் ஜாக்சனோடு பத்து வருடம் இதையே செய்தார், எல்லோருக்கும் தெரிந்தும் யாராலும் தடுக்க முடியவில்லை. 2016-இல், 35 வயதில், லீக்கிலேயே அதிக அசிஸ்ட் சராசரி, அதாவது அடுத்தவர் கூடை போட வழி செய்த பாஸ்களின் சராசரி, அவருடையது.

மூன்றாவது கால்பகுதியில் அம்மா முழங்கையால் இடித்தார்.

"இது நம்ம சித்தப்பாடி."

சித்தப்பா எங்கள் குடும்பத்துக் கல்யாணங்களில் பந்தி விசாரிப்பவர். கரண்டியைத் தொட மாட்டார். வரிசை முனையில் நின்று ஒரு பார்வை. மூணாவது இலையில் ரசம் இல்லை, அந்தக் கடைசிப் பெரியவருக்கு அப்பளம் வரவில்லை, வாளியோடு நிற்கிற பையன் எங்கே வேடிக்கை பார்க்கிறான், எல்லாம் அவர் விரல் நுனியில் ஓடும். அவர் சாப்பிட்டதை யாரும் பார்த்ததில்லை. கடைசிப் பந்தியில் எங்காவது உட்கார்வார்.

இருபது வருடமாகக் கூடைப்பந்து பார்க்கிறேன், எனக்குத் தோன்றவில்லை இது.

81–89, தோல்வி. ஒருத்தரும் எழுந்து போகவில்லை.

21 ஆகஸ்ட் 2022, ஞாயிறு

பிளேஆஃப் முதல் சுற்றில் வாஷிங்டனை இரண்டு ஆட்டத்திலும் அடித்தாயிற்று. அடுத்தது அரையிறுதி, மறுபடி வேகாஸ். ஐந்தில் மூன்று ஜெயிக்க வேண்டும்.

பயமாக இருக்கிறபோதெல்லாம் 2018 செப்டம்பர் அரையிறுதியை யூடியூபில் போடுவது வழக்கம். நான்காவது ஆட்டத்தில் பேர்டின் மூக்கு உடைந்தது. அவர் வாழ்க்கையில் ஐந்தாவது முறை. ஐந்தாவது ஆட்டத்துக்கு முகமூடி மாட்டிக்கொண்டு வந்தார். ஸ்டார்ம் பின்தங்கியிருந்தது. எப்போதும் கொடுத்துக்கொண்டே இருப்பவர் கடைசிக் கால்பகுதியில் தானே எறிய ஆரம்பித்தார், 14 புள்ளி. எதிரே நெருங்கிய தோழி டோராசியின் அணி. ஸ்டார்ம் 94–84 என்று ஜெயித்து, அந்த வருடக் கோப்பையையும் வாங்கியது.

சின்னவளுக்கு ஆட்டம் முக்கியமில்லை. "ஐந்து தடவை மூக்கு உடைஞ்சா மூக்கு எப்படி இருக்கும்?" என்றுதான் கேட்டாள்.

4 செப்டம்பர் 2022, ஞாயிறு

கை நடுங்குகிறது. தொடர் 1–1. கடைசி நொடிகளில் பந்து மூலையில் நின்ற பேர்டிடம் வந்தது. மூன்று புள்ளி. 92–90. மிச்சம் 1.8 விநாடி. வீட்டில் நாங்கள் போட்ட கூச்சலில் பக்கத்து அபார்ட்மென்ட்காரர் கதவைத் தட்டினார், அவரும் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாராம்.

1.8 விநாடியில் என்ன செய்துவிட முடியும்? வேகாஸின் ஜாக்கி யங் கூடைக்கடியில் வாங்கிப் போட்டு சமன் செய்துவிட்டார். கூடுதல் நேரத்தில் ஸ்டார்ம் சுருண்டது. 98–110.

அந்தப் பந்தோடு எல்லாம் முடிந்திருக்கக் கூடாதா?

6 செப்டம்பர் 2022, செவ்வாய்

முடிந்தது. 92–97.

ஸ்டார்மின் பிரியானா ஸ்டூவர்ட் 42 புள்ளி எடுத்தார், பிளேஆஃப் வரலாற்றில் அதுவே அதிகபட்சத்துக்குச் சமம். போதவில்லை. அந்தப் பக்கம் செல்சி கிரே, பேர்டைப் போலவே ஆட்டத்தை நடத்தும் இன்னொரு பாயிண்ட் கார்ட், 31 புள்ளி, நான்காவது கால்பகுதியில் எறிந்ததெல்லாம் விழுந்தது. ஒரு கார்டை இன்னொரு கார்டே வழியனுப்பினார். பேர்டுக்கு 8 புள்ளி, 8 அசிஸ்ட். அவர் வாழ்க்கையை ஒரு வரியில் எழுதச் சொன்னால் இப்படித்தான் எழுத வேண்டும்.

கூட்டம் கலையாமல் 'நன்றி சூ' என்று கத்திக்கொண்டே இருந்தது. மறுபடி வெளியே வந்தார். அழுதார். அம்மா முந்தானையை எடுத்தார். "யாரோ எவளோ, நான் ஏன் அழுவுறேன்" என்று தன்னையே திட்டிக்கொண்டார்.

லீக் ஆட்டங்களில் மொத்தம் 580 முறை இறங்கி 3,234 அசிஸ்ட். இரண்டும் லீக் சாதனை. இந்தக் கடைசி வருடத்துக்கு அவர் வாங்கிய சம்பளம் 72,141 டாலர், மூத்த வீராங்கனைக்கான குறைந்தபட்சத் தொகை. அணியில் மற்றவர்களுக்குப் பணம் மிஞ்சட்டும் என்று. அங்கேயும் அடுத்தவளுக்கு பாஸ் கொடுப்பதுதான்.

8 டிசம்பர் 2022, வியாழன்

கிரைனரை விட்டுவிட்டார்கள். ஒரு ஆயுத வியாபாரியைக் கொடுத்து மீட்டிருக்கிறார்கள். ஊருக்குக் கிளம்ப அம்மா பெட்டி கட்டிக்கொண்டிருந்தார், செய்தியைச் சொன்னேன். "அந்த நாப்பத்திரெண்டாம் நம்பர் பொண்ணா? நல்லாருக்கட்டும்" என்றார்.

17 ஆகஸ்ட் 2025, ஞாயிறு

இந்த நோட்டைத் திறந்து நாளாயிற்று. இடையில் அணியில் இனி யாரும் போடக் கூடாது என்று அவர் 10-ஆம் எண் சட்டையைக் கூரையில் ஏற்றினார்கள், அரங்கத்துப் பக்கத்துத் தெருவுக்கு அவர் பெயர் வைத்தார்கள், அணியின் உரிமையாளர்களில் ஒருவரும் ஆகிவிட்டார். லீக்குக்குத் தனி விமானமும் 2024-இல் வந்துவிட்டது. அடுத்த மாதம் கூடைப்பந்து மேதைகளுக்கான ஹால் ஆஃப் ஃபேமில் சேர்க்கிறார்கள். இன்று அரங்க வாசலில் சிலை. டபிள்யூ.என்.பி.ஏ. வீராங்கனை ஒருவருக்கு அவருடைய அணியே சிலை வைப்பது இதுதான் முதல் முறை.

திரை விலகியது. வெண்கலத்தில் சூ பேர்ட், ஒரு கால் தரையை விட்டு எழும்ப, கையை உயர்த்தி லேஅப் போடுகிறார், அதாவது கூடைக்கு அருகே ஓடி வந்து எகிறிப் பந்தை உள்ளே போடுவது. இந்த ஊரில் அவர் போட்ட முதல் கூடையும் கடைசிக் கூடையும் லேஅப் என்பதால் அப்படி.

கூட்டத்துக்குள்ளிருந்தே அம்மாவுக்கு வீடியோ கால் போட்டுக் காட்டினேன். அங்கே ராத்திரி, தூக்கக் கலக்கம். கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு கொஞ்ச நேரம் பார்த்தார்.

"பந்து எங்க போகுது?"

"கூடைக்கு."

"இவளே போடுறாளா?"

"ஆமா."

"நல்லா இருக்குடி கதை. பந்தி விசாரிக்கிறவர, இலையில உக்காந்து சாப்புடுற மாதிரி செலை வச்சிருக்காங்க."

பக்கத்தில் நின்ற சின்னவள் சிரித்தாள். இப்போது பதினாலு வயது, ஸ்கூல் டீமில் ஃபார்வர்ட், யாருக்கும் பந்தைக் கொடுப்பதில்லை.

"சரி விடு," என்றார் அம்மா, "கடைசிப் பந்தின்னு வச்சுக்குவோம். அப்புறம், நீ சாப்பிட்டியா?"