ஓடாத லாரிக்கு வந்த ஜப்தி அறிவிப்பு

இன்ஜின் இறக்கப்பட்டு, முன்சக்கரங்கள் கழற்றப்பட்டு, குடியாத்தம் அருகே ஒரு பட்டறைக் கொட்டகையில் ஐந்து காலாண்டுகள் நின்ற எங்கள் லாரிக்கு வரியும் அபராதமும் பாக்கி என்று கூறி, 1864-ஆம் ஆண்டின் வருவாய் வசூல் சட்டப்படி ஜப்தி செய்யப்படும் என்ற அறிவிப்பைக் கிராம நிர்வாக அலுவலர் கொண்டுவந்தார். "மேலேர்ந்து வந்ததுண்ணே, கையெழுத்துப் போட்டு வாங்கிக்குங்க" என்று அவர் சொன்னபோது என் மனைவி வாசலிலேயே அழுதுவிட்டாள்.

வண்டி ஓடவில்லை என்று நான் எழுதிக் கொடுக்காமல் இல்லை. முதல் கடிதத்தை வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் நேரில் கொடுத்தேன். நகலில் முத்திரை கேட்டபோது, "அதெல்லாம் வேணாம், பதிஞ்சிக்கிறோம்" என்றார் எழுத்தர். மனம் ஒப்பாமல், அடுத்த காலாண்டு தொடங்குவதற்கு முன் அதே கடிதத்தை ஒப்புகை அட்டையுடன் பதிவுத் தபாலில் அனுப்பினேன். அறிவிப்பு வந்தபின் மூன்று முறை அலைந்தும் எனக்குக் கிடைத்த பதில், எந்தக் கடிதமும் வரவில்லை, பணத்தைக் கட்டிவிட்டுப் பேசுங்கள் என்பதுதான்.

அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின்கீழ் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது அரசு அலுவலகத்தின் நடவடிக்கையை எதிர்த்து நேரடியாக ஒரு மனு, போடலாம் என்றார் வேலூர் சத்துவாச்சாரியில் நான் பார்த்த வழக்கறிஞர். விடியற்காலையில் காட்பாடியில் ரயிலேறிச் சென்ற முதல் பயணம் வீணானது. தமிழில் இருந்த கடிதங்களுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பு இணைக்க வேண்டும் என்பதை யாரும் எனக்கு முன்கூட்டிச் சொல்லவில்லை. போகிறவர்கள் அதை இங்கேயே தயார் செய்துகொள்ளுங்கள். அறிவிப்பு வந்த உறையையும் எறிந்துவிடாதீர்கள், அது கைக்கு வந்த நாளுக்கு அதுவே சாட்சி.

பொது இடத்தில் ஓடாத வண்டிக்கு வரி இல்லை என்று 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் கூறியதைப் படித்திருந்த நான், அதுவே போதும் என்று நம்பியிருந்தேன். அது ஆந்திராவின் 1963-ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ், விசாகப்பட்டினம் உருக்காலையின் மூடிய வளாகத்துக்குள் ஓடிய வண்டிகளைப் பற்றியது என்றும், நமக்கு 1974-ஆம் ஆண்டின் தமிழ்நாடு மோட்டார் வாகன வரிவிதிப்புச் சட்டமே பொருந்தும் என்றும் வழக்கறிஞர் பொறுமையாக விளக்கினார். எனவே, கடிதம் கொடுத்தும் விளக்கம் கேட்காமல் வசூலுக்கு அனுப்பியது தவறு என்பதையே முதன்மையான வாதமாக வைத்தார். ஒப்புகை அட்டையில் முத்திரை பாதி அழிந்திருந்தது. ஜன்னலோரம் பிடித்து, பூதக்கண்ணாடி வைத்துத் தேதியைப் படித்தார். மாதமும் ஆண்டும் தெளிவாகத் தெரிந்த அந்த நொடியில்தான் எனக்கு மூச்சு வந்தது.

ஜப்திக்கு இடைக்காலத் தடை கிடைத்தது. பிறகு அறிவிப்பை ரத்து செய்து, என்னை நேரில் விசாரித்துப் புதிதாக முடிவெடுக்குமாறு நீதிமன்றம் உத்தரவிட்டது. மோட்டார் வாகன ஆய்வாளர் கொட்டகைக்கு வந்து, கட்டைகளின்மேல் நின்ற வண்டியைச் சுற்றிப் பார்த்து எழுதிக்கொண்டு போனார். நான்கு காலாண்டுகளுக்கான வரியும் அபராதமும் நீங்கின. முத்திரை வாங்காத முதல் கடிதத்திற்கு ஆதாரம் இல்லாததால், முதல் காலாண்டுக்கு மட்டும் பணம் கட்டினேன்; அந்த ரசீதை ஒப்புகை அட்டையோடு சேர்த்து வைத்திருக்கிறேன்.