டிஸ்க் பெட்டிக்குள் கிடந்த பத்துக் குறியீடுகள்

சென்ற மே மாதம் புதிய பிளேஸ்டேஷன் 5 கன்சோலைத் தொலைக்காட்சியில் இணைத்து, கணக்கில் உள்நுழைந்து, கேம் லைப்ரரியைத் திறந்தபோது அதில் மூன்றே மூன்று கேம்கள் இருந்தன. 2017 முதல் பிளேஸ்டேஷன் 4-இல் தள்ளுபடி வரும்போதெல்லாம் வாங்கிச் சேர்த்தவை ஐம்பதுக்குக் குறையாது என்று வீட்டில் எல்லோரிடமும் சொல்லி வைத்திருந்தேன். விடுமுறைக்கு வந்திருந்த அக்கா மகன் திரையையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "அம்பது இருக்குன்னு சொன்னீங்களே மாமா" என்றான். அந்த ஐம்பதைக் கண்டுபிடிக்க எனக்கு மூன்று வாரங்கள் ஆயின.

பழைய கன்சோல் அதற்கு முந்தைய மழைக்காலத்திலேயே செத்துவிட்டது. ரிச்சி தெருவில் பழுது பார்ப்பவர் ஒருவர் அதைப் பிரித்துப் பார்த்துவிட்டு, போர்டு போய்விட்டது, உதிரி பாகங்களுக்காக ஆயிரத்து ஐந்நூறு ரூபாய் தருகிறேன் என்றார். ஏனோ மனம் வராமல் திரும்ப எடுத்து வந்து பரணில் போட்டேன். டிஜிட்டலாக வாங்கியவை கன்சோலோடு போவதில்லை, கணக்கோடு இருப்பவை என்று தெரிந்திருந்ததால் கவலைப்படவும் இல்லை. எந்தக் கணக்கு என்ற கேள்விதான் அப்போது எனக்குத் தோன்றவில்லை.

லைப்ரரி காலியாக இருந்தால் எல்லோரும் செய்வதை நானும் செய்தேன். செட்டிங்ஸில் பயனர் பகுதிக்குள் 'அதர்' என்ற பிரிவில் இருக்கும் 'ரிஸ்டோர் லைசென்சஸ்' பொத்தானை, அதாவது வாங்கியவற்றின் உரிமங்களை மீட்டுத் தரும் பொத்தானை, நான்கு முறை அழுத்தினேன். கன்சோலை அணைத்து ஏற்றினேன். ரவுட்டரையும் அணைத்து ஏற்றினேன். நான்காம் நாள் பொறுமை இழந்து, முன்பு வாங்கியிருந்த ஒரு சிறிய கேமையே மீண்டும் வாங்கிவிடலாம் என்று கைபேசிச் செயலியில் வாங்கியும் விட்டேன். பணம் கழிந்த பிறகுதான் விலைக்கு முன்னால் ரூபாய்க் குறி இல்லாமல் டாலர் குறி இருந்தது கண்ணில் பட்டது. பல ஆண்டுகளுக்கு முன் ஒரு நண்பரின் யோசனையைக் கேட்டு, கிஃப்ட் கார்டு போட்டு வாங்குவதற்காக அமெரிக்கா என்று நாட்டைத் தேர்ந்து ஒரு கணக்கு தொடங்கியிருந்தேன். கைபேசி தானாக நிரப்பிக் கொடுத்த மின்னஞ்சல் முகவரியும் கடவுச்சொல்லும் அந்தக் கணக்குக்கு உரியவை. நான்கு நாட்களாக வேறு வீட்டுக் கதவைத் தட்டிக்கொண்டிருந்திருக்கிறேன்.

இப்படி இரண்டு கணக்கு வைத்திருப்பவர்கள் ஒன்றை மனத்தில் கொள்ள வேண்டும். கணக்கின் நாட்டைப் பின்னர் மாற்ற முடியாது; ஒரு கணக்கில் வாங்கியதை இன்னொன்றுக்கு மாற்றவும் முடியாது. தவறிப்போய் வாங்கிவிட்டால், பதிவிறக்கத்தைத் தொடங்காமல் இருக்கும்வரை 14 நாட்களுக்குள் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். தொடங்கிவிட்டால் பெரும்பாலும் அந்த உரிமை போய்விடும். அக்கா மகன் ரிமோட்டைப் பறிப்பதற்கு முன் நான் கன்சோலின் மின்கம்பியையே உருவிவிட்டேன் என்பதைப் பெருமையோடு சொல்லிக்கொள்கிறேன். பணம், கணக்கின் இருப்புத் தொகை கிடக்கும் வாலட்டுக்குத் திரும்பியது.

சரியான கணக்கு எது என்று கண்டுபிடிக்க உதவியது பழைய ரசீதுகள்தான். என்னிடம் இருக்கும் மூன்று மின்னஞ்சல் பெட்டிகளிலும் பிளேஸ்டேஷன் என்ற சொல்லைத் தேடினேன். இரண்டில் விளம்பரங்கள் மட்டுமே வந்தன. மூன்றாவதில், கல்லூரிக் காலத்தில் தொடங்கி இப்போது வங்கிக் கடிதங்களுக்கு மட்டுமே பயன்படும் பெட்டியில், வரிசையாக ரசீதுகள் வந்து விழுந்தன. ஒவ்வொன்றாகத் திறந்து கேமின் பெயரையும் நாளையும் ஒரு நோட்டில் எழுதிக்கொண்டேன். லைப்ரரியை நம்புவதற்கு முன் இந்தப் பட்டியலைத் தயாரித்துவிடுங்கள். எதைத் தேடுகிறோம் என்று தெரியாமல் தேடுவதில் பயனில்லை.

கடவுச்சொல்லை மாற்றுவது ஐந்து நிமிட வேலையாக முடிந்தது. அடுத்த திரையில் ஆறு இலக்கக் குறியீட்டைக் கேட்டது. அதை எஸ்.எம்.எஸ்.ஸாக அனுப்பிவிட்டதாகவும் சொன்னது. அனுப்பியது நான் இரண்டு ஆண்டுகளாக ரீசார்ஜ் செய்யாமல் விட்ட பழைய எண்ணுக்கு.

அந்த எண்ணுக்கு உரிய தொலைபேசி நிறுவனத்தின் சேவை மையத்துக்கு மறுநாள் அரை நாள் விடுப்பு போட்டுப் போனேன். டோக்கன் வாங்கி ஒன்றே கால் மணி நேரம் உட்கார்ந்த பிறகு, முகப்பில் இருந்தவர் என் ஆதாரைத் தலைகீழாகவே வைத்துப் பார்த்துவிட்டு, சிம் வாங்கியபோது கொடுத்த படிவத்தின் நகல் வேண்டும் என்றார். பல ஆண்டுகளுக்கு முன் தெருமுனைக் கடையில் வாங்கிய சிம்முக்கு எந்த நகலை நான் தேடுவது? இருந்தாலும் வீட்டில் இருந்த கோப்புகளையெல்லாம் கலைத்து, அந்த எண்ணில் வந்த பழைய பில் ஒன்றை எடுத்துக்கொண்டு, மூன்று நாள் கழித்து மீண்டும் போனேன். இம்முறை வேறொருவர் இருந்தார். எண்ணைத் தட்டிப் பார்த்துவிட்டு, "சார், இந்த நம்பர் வேற ஒருத்தர் பேர்ல ஓடிட்டு இருக்கு" என்று ஒரே வாக்கியத்தில் முடித்துவிட்டார். முதல் நாள் இருந்தவருக்கும் இதே கணினிதான், இதே எண்ணைத்தான் அவரும் தட்டினார். இந்த ஒரு வாக்கியத்தை அன்றே சொல்லியிருந்தால் எனக்கு ஒரு விடுப்பு மிஞ்சியிருக்கும். 90 நாட்களுக்கு மேல் பயன்பாடே இல்லாத எண்ணைத் துண்டிக்கலாம். துண்டித்துச் சில மாதங்களில் அதை வேறொருவருக்குக் கொடுக்கவும் செய்கிறார்கள். ஆகவே எண்ணை விடுவதற்கு முன்னால், அது எந்தெந்தக் கணக்குகளில் இருக்கிறது என்று பார்த்து மாற்றிவிட்டு விடுங்கள். என் கேம்களுக்கான குறியீடுகள் யாரோ ஒருவருடைய கைபேசியில் சில நாட்களாக ஒலித்துக்கொண்டிருந்திருக்கின்றன. அவர் என்ன நினைத்தாரோ தெரியாது.

இனி உதவி மையத்துக்கு எழுத வேண்டியதுதான் என்று, உரிமையை நிரூபிக்கத் தேவைப்படக்கூடியவற்றைத் திரட்டத் தொடங்கினேன். ரசீதுகளில் பரிவர்த்தனை எண்கள் இருந்தன. பழைய கன்சோலின் முதுகில் இருக்கும் வரிசை எண்ணுக்காகப் பரணில் ஏறினேன். ஆயிரத்து ஐந்நூறுக்கு அதை விற்காமல் விட்டதற்காக அப்போது என்னை நானே மெச்சிக்கொண்டேன். கன்சோலுடன் ஒரு பையில் பழைய டிஸ்க் பெட்டிகளும் இருந்தன. தூசு தட்டுவதற்காக அவற்றுள் ஒரு பந்தயக் கேமின் நீலப் பெட்டியைத் திறந்தபோது, டிஸ்க் இருக்க வேண்டிய இடத்துக்கு எதிர்ப்பக்கத்தில், கையேடு செருகும் கொக்கிகளுக்கு நடுவே நான்காக மடித்த ஒரு தாள் இருந்தது. அலுவலக அச்சுப்பொறியில் எடுத்த தாள். மை வெளிறி, மடிப்பில் ஒரு வரி கிழிந்திருந்தது. இரண்டு நிலைச் சரிபார்ப்பை இயக்கும்போது கொடுக்கப்படும் பத்து மாற்றுக் குறியீடுகளை நான் அச்செடுத்து, யாருக்கும் தெரியாத இடம் என்று நினைத்து அங்கே வைத்திருக்கிறேன். எனக்கும் தெரியாத இடமாக அது ஆகிப்போனது. இரண்டாவது குறியீட்டுக்கு எதிரே பேனாவால் ஒரு கோடு. எப்போதோ பயன்படுத்தியிருக்கிறேன் போலும். ஒவ்வொன்றும் ஒரு முறைதான் செல்லும் என்பதால் மூன்றாவதை எடுத்து, எழுத்து எழுத்தாக வாய்விட்டுப் படித்து உள்ளிட்டேன். திறந்தது.

உள்ளே போனதும் முதல் வேலையாக எஸ்.எம்.எஸ்.ஸை எடுத்துவிட்டுக் குறியீடு தரும் செயலிக்கு மாற்றினேன். புதிய பத்துக் குறியீடுகளை எடுத்துக்கொண்டேன். கணக்கு மேலாண்மைப் பக்கத்தில் செத்துப்போன பிளேஸ்டேஷன் 4 இன்னும் முதன்மைக் கன்சோலாகப் பதிவாகியிருந்தது, அதையும் நீக்கினேன். எல்லாக் கருவிகளையும் ஒருசேர நீக்கும் வசதியை ஆறு மாதத்துக்கு ஒரு முறைதான் பயன்படுத்த முடியும் என்பதால், விளையாட்டாக அதை அழுத்திவிட வேண்டாம்.

லைப்ரரியில் இப்போது 64 இருந்தன. கொண்டாடுவதற்கு முன் நோட்டுப் பட்டியலோடு ஒப்பிட்டேன். அவற்றில் 35-க்குப் பூட்டுச் சின்னம் இருந்தது. பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தா இருந்த காலத்தில் மாதந்தோறும் சேர்த்துக்கொண்டவை அவை. சந்தா நின்றால் பூட்டிக்கொள்ளும், மீண்டும் கட்டினால் திறக்கும். காசு கொடுத்து வாங்கியவை 29-தான். ஐம்பது என்று நான் சொல்லிக்கொண்டிருந்ததில், இரவல் வாங்கியதையும் சொந்தச் சொத்தாகக் கணக்கிட்டிருக்கிறேன். நினைவில் இருந்து பட்டியலிலேயே இல்லாத ஆறு கேம்கள் டிஸ்க்காக வாங்கியவை. நான் வாங்கி வந்திருப்பதோ டிஸ்க் போட இடமில்லாத டிஜிட்டல் எடிஷன். கடைக்குப் போவதற்கு முன்னால் இந்த ஒப்பீட்டைச் செய்திருந்தால் சில ஆயிரம் கூடக் கொடுத்து மற்றதை வாங்கியிருப்பேன். நீங்களாவது வரிசையை மாற்றிச் செய்யுங்கள்.

நோட்டில் இருந்த டிரைவ்கிளப் என்ற பந்தயக் கேம், பிளேஸ்டேஷனின் இணையக் கடையில் எத்தனை முறை தேடியும் வரவில்லை. அது 2019-இலேயே விற்பனையிலிருந்து எடுக்கப்பட்டது. 2020 மார்ச்சில் சர்வர்களும் நிறுத்தப்பட்டன. கடைத் தேடலில் இல்லையென்றால் போய்விட்டது என்று முடிவு செய்துவிடக் கூடாது. லைப்ரரியை அகர வரிசையில் அடுக்கி, பொறுமையாக இறங்கிப் பார்த்தபோது இருந்தது, பதிவிறக்கமும் ஆனது. தனியாக ஓட்டலாம், இணையப் பந்தயம் இல்லை. விற்பனை நின்றவையெல்லாம் இப்படிக் கிடைத்துவிடும் என்றும் சொல்ல மாட்டேன். 2014-இல் வந்த பி.டி. என்ற இலவச முன்னோட்டம் மறு ஆண்டே எடுக்கப்பட்டு, அதை வைத்திருந்தவர்களாலும் பின்னர் மீண்டும் இறக்க முடியாமல் போனது. இப்படிப்பட்டவற்றைக் கன்சோலின் சேமிப்பகத்திலிருந்து அழிக்கும் முன் ஒரு முறைக்கு இரண்டு முறை யோசிப்பது நல்லது.

தி விட்சர் 3 என்ற கேம் ஓர் இரவை விழுங்கியது. பிளேஸ்டேஷன் 4 பதிப்பை வைத்திருப்பவர்களுக்குப் பிளேஸ்டேஷன் 5 பதிப்பு 2022 டிசம்பர் முதல் இலவசம். ஆனால் அது தானாக வந்து லைப்ரரியில் உட்காராது. கடைப் பக்கத்துக்குப் போய், இரண்டு பதிப்புகளில் புதியதைத் தேர்ந்து, விலையில்லாமல் 'வாங்கி'ச் சேர்த்துக்கொள்ள வேண்டும். நான் லைப்ரரியில் கண்ணில் பட்ட படத்தை அழுத்திவிட்டுத் தூங்கப் போனேன். காலையில் எழுந்து பார்த்தால் பழைய பதிப்பு முழுதாக இறங்கியிருந்தது. அதை அழித்துவிட்டு மறுபடி முதலிலிருந்து தொடங்கினேன். படத்துக்குக் கீழே பி.எஸ்.4 என்று பொடி எழுத்தில் எழுதியிருக்கிறதா என்று பார்த்துவிட்டு அழுத்துங்கள்.

கடைசிச் சிக்கல் அக்கா மகனின் தனிப் பயனர் பெயர். என் பெயரில் திறக்கும் கேம் அவன் பெயரில் பூட்டிக் காட்டியது. 'கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் ப்ளே' என்ற, கன்சோலில் உள்ள மற்றவர்களும் என் கேம்களை விளையாட விடும் அமைப்பு என் இந்தியக் கணக்கில் இயங்காமல் இருந்ததுதான் காரணம், இயக்கியதும் சரியாயிற்று. ஒரு கணக்குக்கு ஒரு பிளேஸ்டேஷன் 5-இல் மட்டுமே இதை இயக்கலாம், ஆனால் ஒரே கன்சோலில் பல கணக்குகளுக்கு இயக்கலாம். அதனால் அமெரிக்கக் கணக்கிலும் இயக்கிவிட்டேன். இப்போது அந்த மூன்று கேம்களையும் என் இந்தியக் கணக்கிலிருந்தே விளையாட முடிகிறது. இரண்டு லைப்ரரிகளை ஒன்றாக்க முடியாது என்ற குறைக்கு எனக்குக் கிடைத்த ஒரே மாற்று இதுதான்.

புதிய குறியீடுகளை மூன்று பிரதி எடுத்து, ஒன்றைப் பத்திரங்கள் இருக்கும் பீரோவிலும், ஒன்றை அக்காவிடமும், ஒன்றை அதே நீலப் பெட்டியிலும் வைத்திருக்கிறேன். அமெரிக்க வாலட்டில் திரும்பி வந்த தொகையோடு சேர்த்து 6 டாலர் சொச்சம் கிடக்கிறது. அதை இந்தியக் கணக்குக்கு மாற்ற வழியில்லை. அந்தக் கடையில் அந்த விலைக்குள் நான் விரும்பும் கேம் எதுவும் இன்னும் தள்ளுபடியில் வரவில்லை.