கில்லெஸ்பி: காத்திருக்கத் தெரியாத ஒரு தளபதி

டேராடூனிலிருந்து சகஸ்ரதாரா போகிற சாலையில் இரண்டு வெள்ளைத் தூண்கள் அருகருகே நிற்கின்றன. உறவினர் வீட்டுக் கல்யாணத்துக்குப் போன இடத்தில், முகூர்த்தம் முடிந்து சும்மா இருந்த ஒரு பிற்பகலில்தான் அதைப் பார்க்கப் போனேன். ஒரு தூண் கலங்கா கோட்டையைத் தாக்கியபோது இறந்த ஆங்கிலேயத் தளபதிக்கும் அவரோடு செத்தவர்களுக்கும். இன்னொன்று அந்தக் கோட்டையைக் காத்து நின்ற கூர்க்காத் தலைவர் பலபத்ர குன்வருக்கும் அவருடைய ஆட்களுக்கும். அதில் பலபத்ரரை "எங்கள் வீரமிக்க எதிரி" என்று எழுதியிருக்கிறார்கள். எழுதியவர்கள் ஆங்கிலேயர்கள்.

முதல் தூணில் இருந்த பெயரைப் படித்ததும் அப்படியே நின்றுவிட்டேன். கில்லெஸ்பி. வேலூரில் பிறந்து வளர்ந்தவனுக்கு அந்தப் பெயரை யாரும் அறிமுகம் செய்துவைக்க வேண்டியதில்லை. 1806 ஜூலை 10, ஆற்காட்டிலிருந்து குதிரைப்படையோடு வந்து வேலூர்ப் புரட்சியை அடக்கியவர் என்று பள்ளிக்கூடத்தில் ஒரே வரியில் படித்த அதே கில்லெஸ்பி. அந்த ஒரு வரிக்கு முன்னும் பின்னும் அந்த ஆளுக்கு ஒரு வாழ்க்கை இருந்திருக்கும் என்று அதுவரை நான் யோசித்ததே இல்லை. வீட்டுக்கு வந்து பல வாரம் தேடித் தேடிப் படித்தேன். படித்து முடித்தபோது எனக்கு ஒன்று பிடிபட்டது. இந்த மனிதருக்கு வாழ்நாள் முழுக்கக் காத்திருக்கத் தெரியவில்லை. வேலூரில் அவருக்கு வெற்றியைக் கொடுத்ததும் அதுதான், எட்டு வருடம் கழித்துக் கலங்காவில் அவர் உயிரைக் குடித்ததும் அதுதான்.

ராபர்ட் ரோலோ கில்லெஸ்பி 1766 ஜனவரி 21 அன்று அயர்லாந்தின் டவுன் மாவட்டத்தில் காம்பர் என்ற சின்ன ஊரில் பிறந்தார். உயரம் குறைவான ஆள். 1783-ல் குதிரைப்படையில் சேர்ந்தார், மூன்று வருடத்தில் வீட்டாருக்குத் தெரியாமல் கல்யாணம். 1787-ல் நண்பர் ஒருவர் இன்னொருவரோடு துப்பாக்கிச் சண்டைக்கு நின்றபோது இவர் துணைக்குப் போயிருக்கிறார். அந்தச் சண்டை உயிர்ச்சேதம் இல்லாமல் முடிந்திருக்க வேண்டியது. ஆனால் பேச்சு தடித்து, எதிராளியான பாரிங்டனுக்கும் இவருக்கும் மூண்டுவிட்டது. நடுவில் ஒரு கைக்குட்டை அளவுக்கு மட்டும் இடம் விட்டு, நேருக்கு நேர் சுட்டுக்கொண்டார்கள். பாரிங்டனின் குண்டு இவர் சட்டைப் பொத்தானில் பட்டு விலகியது, இவருடைய குண்டு பாரிங்டனைக் கொன்றது. கொலை வழக்கு நடந்து விடுதலை ஆனார். இருபத்தொரு வயது!

அப்புறம் மேற்கிந்தியத் தீவுகள். ஜமைக்காவுக்குப் போய், அங்கிருந்து செயிண்ட் டொமிங்கோவில், அதாவது இன்றைய ஹெய்ட்டியில், பிரெஞ்சுக்காரர்களோடு சண்டை போட்டார். ஒருநாள் இரவு வீட்டுக்குள் எட்டுப் பேர் கொண்ட திருட்டுக் கும்பல் புகுந்தபோது, வாளை எடுத்துக்கொண்டு தனியாக இறங்கி ஆறு பேரைக் கொன்றார் என்று அவர் வாழ்க்கையைச் சொல்கிற எல்லோரும் எழுதுகிறார்கள். இந்தியாவுக்கு வந்ததும்கூட அவர் பாணியில்தான். எல்லோரையும் போல மாதக்கணக்கில் கப்பலில் உட்கார்ந்து வராமல், ஹாம்பர்க், கான்ஸ்டான்டிநோபிள், அலெப்போ, பாக்தாத் என்று தரைவழியாகவே வந்தார். ஆற்காட்டில் இருந்த 19-ஆம் குதிரைப்படைக்குத் தலைமை ஏற்று அதிக நாள் ஆகவில்லை, அதற்குள் ஜூலை 10 வந்துவிட்டது.

வேலூரில் அன்று நடந்ததற்குக் காரணம் நம் ஊரில் பலருக்கும் தெரியும். 1805 நவம்பரில் மதராஸ் படைக்குப் புதிய ஒழுங்கு விதிகள் வந்தன. நெற்றியில் நாமமோ திருநீறோ கூடாது, காதில் கடுக்கன் கூடாது, தாடியை எடுக்க வேண்டும், மீசையை ஒரே அளவில் வெட்ட வேண்டும், தோல் குஞ்சம் வைத்த புதிய தலைப்பாகையை அணிய வேண்டும். இந்து, முஸ்லிம் இரண்டு பேருக்கும் ஒரே நேரத்தில் வலிக்கிற மாதிரி ஒரு உத்தரவு போடுவதற்குத் தனித் திறமை ஒன்றும் வேண்டாம், எதிரில் நிற்பவனை மனிதனாக எண்ணாமல் இருந்தாலே போதும். மே மாதமே வேலூர்ச் சிப்பாய்கள் தலைப்பாகையை மறுத்தார்கள். ஒரு இந்து, ஒரு முஸ்லிம், இரண்டு பேருக்குத் தலைக்குத் 900 கசையடி. முஸ்தபா பேக் என்ற சிப்பாய், சதி நடக்கிறது என்று முன்கூட்டியே வெள்ளை அதிகாரிகளிடம் போய்ச் சொன்னதற்கு, அவரைப் பைத்தியம் என்று சொல்லி அடைத்து வைத்தார்கள். கோட்டைக்குள்ளேயே திப்பு சுல்தானின் பிள்ளைகள் காவலில் இருந்தார்கள். விடிவதற்கு முன்பே இந்தியச் சிப்பாய்கள் சுடத் தொடங்கினார்கள், 69-ஆம் படைப்பிரிவின் வெள்ளைச் சிப்பாய்கள் படுத்திருந்த இடத்திலேயே நூற்றுக்கும் மேற்பட்டோர் செத்தார்கள். கோட்டைத் தளபதி ஃபேன்கோர்ட்டும் செத்தார். பிறகு திப்புவின் புலிக்கொடி ஏறியது.

செய்தி ஆற்காட்டுக்கு வந்தபோது கில்லெஸ்பி காலைச் சவாரிக்குக் கிளம்பியிருந்தார். முழுப் படையும் பீரங்கியும் தயாராகும்வரை காத்திருக்கலாம், எந்தத் தளபதியும் அப்படித்தான் செய்திருப்பார். கையில் கிடைத்த குதிரைவீரர்களோடு இவர் பாய்ந்துவிட்டார், பீரங்கிகளைப் பின்னால் வரச் சொல்லிவிட்டு. ஏறத்தாழ 25 கிலோமீட்டர். அதிலும் கடைசித் தூரத்தில் தன் ஆட்களையே முந்திக்கொண்டு ஏறத்தாழத் தனியாகக் கோட்டை முன்னால் வந்து நின்றார். வாசல் மேலிருந்த மதிலில் 69-ஆம் பிரிவில் மிஞ்சிய அறுபது பேர் மட்டும், தோட்டா தீர்ந்துபோய், இரண்டு உதவி மருத்துவர்களையும் சில சார்ஜெண்ட்களையும் நம்பி ஒண்டிக்கொண்டிருந்தார்கள். அதில் பிராடி என்ற சார்ஜெண்ட், செயிண்ட் டொமிங்கோவில் இவரோடு இருந்தவர். தூரத்தில் தூசிக்கு முன்னால் வருகிற ஆளைப் பார்த்ததும், இது கில்லெஸ்பிதான், நம் உயிரைக் காக்க மேற்கிந்தியத் தீவிலிருந்து கடவுளே அனுப்பியிருக்கிறார் என்று கத்தினாராம். மேலிருந்து கயிறு இறக்கி இவரை இழுத்து ஏற்றினார்கள். ஏறின உடனே தோட்டா இல்லாத அந்த அறுபது பேரையும் சேர்த்துக்கொண்டு துப்பாக்கி முனைக் கத்தியோடு பாய்ந்தார், பீரங்கி வந்து வாசலை உடைக்கும்வரை மதிலை விடாமல் பிடித்துக்கொண்டார். வாசல் உடைந்து குதிரைப்படை உள்ளே வந்ததும் எல்லாம் முடிந்துவிட்டது.

துணிச்சல் என்றால் இதுதான். மறுக்க முடியாது. எங்கள் ஊர் ஆட்களைக் கொன்ற ஒருவரைப் பற்றி இதை எழுதக் கை தயங்குகிறது, ஆனாலும் உண்மையை மாற்றி எழுத மனம் வரவில்லை.

ஆனால் அதற்குப் பிறகு நடந்ததையும் அதே அளவுக்குச் சொல்ல வேண்டும். கோட்டைக்குள் இருந்த மாளிகையில் தஞ்சம் புகுந்திருந்த நூற்றுக்கும் மேற்பட்ட சிப்பாய்களை வெளியே இழுத்து வந்து, ஒரு சுவரோரமாக நிறுத்தி, பீரங்கியில் சிதறு குண்டு போட்டு எல்லோரும் சாகும்வரை சுட்டார்கள். உத்தரவு கில்லெஸ்பியுடையது. விசாரணை கிடையாது, யார் சுட்டான், யார் சும்மா இருந்தான் என்ற கேள்வியே கிடையாது. இதை நாம் ஆத்திரத்தில் சொல்வதாக யாரும் நினைக்க வேண்டாம், எழுதி வைத்தவர் அன்று வாசலை உடைத்த பிளாக்கிஸ்டன் என்ற ஆங்கிலேய அதிகாரியே. அப்போது அந்தக் காட்சியை ஏறக்குறைய அமைதியாகவே பார்த்ததாகவும், அது நியாயமான தண்டனை என்றே நினைத்ததாகவும், இத்தனை காலம் கழித்து அந்தச் செயலை ஏற்கவும் முடியவில்லை, அன்றைக்குத் தனக்கு இருந்த மனநிலை என்னவென்று விளக்கவும் தெரியவில்லை என்றும் அவர் எழுதியிருக்கிறார். எனக்குக் கிடைத்ததில் மிகவும் கனமான பக்கம் அது. கில்லெஸ்பியிடமிருந்து இப்படி ஒரு வார்த்தை எனக்கு எங்கும் கிடைக்கவில்லை. மதராஸ் அரசு அவருக்கு 7,000 வராகன் பரிசு கொடுத்தது.

அடுத்து ஜாவா. நெப்போலியன் 1810-ல் ஹாலந்தைத் தன் பேரரசோடு சேர்த்துக்கொண்டதால், டச்சுக்காரர்களின் ஜாவாவும் பிரெஞ்சுக் கொடிக்குக் கீழே போய்விட்டது. அதைப் பிடிக்க 1811-ல் மதராஸிலிருந்து கப்பல் கப்பலாகப் படை கிளம்பியது. தலைமை ஆக்முட்டி, முன்னால் பாய்வதற்குக் கில்லெஸ்பி. இன்றைய ஜகார்த்தாவின் ஜாத்திநெகாரா இருக்கும் இடத்தில் மீஸ்டர் கொர்னெலிஸ் என்ற பலத்த அரண். ஆகஸ்ட் 26 அன்று இருட்டோடு இருட்டாக, காய்ச்சல் உடம்போடு, முன்வரிசையில் நின்று அதைப் பிடித்தார். அடுத்த மாதமே ஜாவா கைக்கு வந்தது. 1812-ல் அதே ஜாவாவில் யோக்யகார்த்தா சுல்தானின் அரண்மனை. சுல்தானின் படை பல மடங்கு பெரியது. இவர் காத்திருக்கவில்லை, ஜூன் 20 அன்று விடியலில் மதில் ஏறிவிட்டார், கையில் குண்டடி பட்டது. அரண்மனையைச் சூறையாடினார்கள். பொன், வெள்ளி, நகை மட்டுமில்லாமல் அரண்மனை நூலகத்தின் சுவடிகளும் போய்விட்டன. அவற்றில் 75 சுவடிகளை எண்மமாக்கி, 2019-ல் லண்டனின் பிரிட்டிஷ் நூலகம் இன்றைய சுல்தானிடம் அந்தப் பிரதிகளைக் கொடுத்தது. மூலம் லண்டனிலேயே இருக்கிறது. ஜாவாவின் ஆட்சிப் பொறுப்பில் இருந்த ராஃபிள்ஸோடு இவருக்கு ஒத்துப்போகவில்லை, அவர்மேல் புகார்களை எழுதிக் கொடுத்துவிட்டு இந்தியா திரும்பினார்.

சரி, கலங்கா. 1814-ல் நேபாளத்தோடு போர். மேஜர் ஜெனரல் கில்லெஸ்பி மீரட்டிலிருந்து வந்தார். டேராடூனுக்குப் பக்கத்துக் குன்றில் அவசரமாகக் கட்டிய சின்னக் கோட்டை, உள்ளே பெண்கள், குழந்தைகள் உட்பட ஏறத்தாழ அறுநூறு பேர். அக்டோபர் 31 அன்று பல பக்கமிருந்து ஒரே நேரத்தில் ஏற வேண்டும் என்பதுதான் திட்டம். குறிப்பிட்ட சமிக்ஞைக்காக மற்றப் படைகள் காத்திருக்க, இவர் நேரத்துக்கு முன்பே தாக்குதலைத் தொடங்கிவிட்டார். முதல் பாய்ச்சல் பின்வாங்கியது. அப்போதும் பொறுக்கவில்லை. தன் பழைய ஐரிஷ் குதிரைவீரர்களைக் கால்நடையாகக் கூட்டிக்கொண்டு, டவுன் மாவட்டத்தின் மானத்துக்காக இன்னும் ஒரு முறை என்று கூவிக்கொண்டே வாசலை நோக்கி ஓடினார். கோட்டையை நெருங்கியபோது குண்டு நெஞ்சில் பாய்ந்தது. நாற்பத்தெட்டு வயது.

வேலூரில் பலித்தது இங்கே பலிக்கவில்லை. அதற்குக் காரணம் அதிர்ஷ்டம் இல்லை என்றே நினைக்கிறேன். வேலூரில் எதிரே இருந்தவர்கள் தலைவர் இல்லாமல் சிதறி, வெளி வாசலைக் கூட சரியாக அடைக்காமல் இருந்தார்கள். கலங்காவில் எதிரே பலபத்ரர் இருந்தார். கில்லெஸ்பி ஆளைப் பார்க்காமல் கோட்டையை மட்டும் பார்த்தார். அவருக்குப் பிறகும் ஒரு தாக்குதல் தோற்று, கடைசியில் குடிதண்ணீர் வரும் வழியை அடைத்துத்தான் நவம்பர் 30 அன்று அந்தக் கோட்டையைப் பிடித்தார்கள். பலபத்ரர் மிஞ்சிய எழுபது பேரோடு இரவில் வாளை உருவிக்கொண்டு வெளியேறினார். முற்றுகைக்கு நடுவில் நடந்த ஒன்றை மறக்க முடியவில்லை. குண்டடியில் தாடை நொறுங்கிய ஒரு கூர்க்கா, கையை ஆட்டிக்கொண்டே ஆங்கிலேயர் பக்கம் வந்தார். பீரங்கியை நிறுத்தி மருத்துவம் பார்த்தார்கள். குணமானதும் அவர் கேட்டது ஒன்றே ஒன்று: என்னைத் திரும்ப விடுங்கள், என் படையில் சேர்ந்து உங்களோடு சண்டை போட வேண்டும்.

கில்லெஸ்பியை மீரட்டில் புதைத்தார்கள். அவர் இறந்த செய்தி லண்டன் போய்ச் சேர்வதற்கு முன்பே, 1815 ஜனவரியில் அவருக்கு 'சர்' பட்டம் அறிவித்தார்கள். லண்டன் புனித பால் தேவாலயத்தில் சிலை. சொந்த ஊரான காம்பரின் நடுச் சதுக்கத்தில் 1845-ல் 55 அடி உயரத் தூண், மேலே அவர் சிலை. அந்த ஊர்ப் பிள்ளைகள் அதைப் பார்த்துக்கொண்டே வளர்கிறார்கள், நாங்கள் அகழியைப் பார்த்துக்கொண்டு வளர்ந்த மாதிரி. அவர்களை நான் குறை சொல்லவில்லை. ஊர்க்காரர் ஒருவர் அவ்வளவு தூரம் போய் அவ்வளவு துணிச்சலாகச் செத்தால் யாருக்கும் பெருமையாகத்தான் இருக்கும். ஆனால் எங்கள் பக்கத்துச் சுவரோரமாக நின்ற அந்த நூறு பேருக்கும் ஊர் இருந்திருக்கும், அவர்களுக்காக வாசலில் காத்திருந்தவர்கள் இருந்திருப்பார்கள்.

கூர்க்காக்களுக்கு ஆங்கிலேயரே தூண் எழுப்பினார்கள். வேலூர்ச் சிப்பாய்களுக்கு எழுப்பவில்லை, நாம்தான் பிற்பாடு எழுப்பிக்கொண்டோம். இந்த வித்தியாசம் டேராடூனில் அந்த இரண்டு தூண்களுக்கு நடுவில் நின்றபோது என்னை என்னவோ செய்தது. பலபத்ரர் வேற்று நாட்டு எதிரி, மரியாதைக்கு உரியவர். வேலூர்ச் சிப்பாய் சம்பளம் வாங்கிக்கொண்டு எதிர்த்தவன், அவனுக்குச் சுவர் போதும். அப்படித்தான் அவர்கள் கணக்குப் போட்டிருக்க வேண்டும்.

ஊர் திரும்பிய வாரமே கோட்டைக்குப் போனேன். ஜலகண்டேஸ்வரர் கோயிலில் கூட்டம், அருங்காட்சியகத்துக்குப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் வரிசையில் வந்துகொண்டிருந்தார்கள். திப்பு மகால் பக்கம் நடந்து, அங்கிருந்த காவலாளியிடம், சிப்பாய்களை நிறுத்திச் சுட்ட சுவர் எது அண்ணே என்று கேட்டேன். அவர் ஒரு நிமிஷம் யோசித்தார். "அப்படி ஒண்ணு இருக்குதா தம்பி?" என்று என்னையே திருப்பிக் கேட்டார். பிறகு இரண்டு பேரும் சேர்ந்து பழைய கட்டடங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே கொஞ்ச தூரம் நடந்தோம்.