எந்த லுட்ஸ்கேவிச்?

லிதுவேனியாவின் தலைநகர் வில்னியஸில் எனக்கு முதலில் பிடித்துப்போனது ஒரு சூப். பீட்ரூட்டைத் துருவி, கெஃபிர் என்கிற புளித்த பாலில் கலந்து, பொடியாக நறுக்கிய வெள்ளரிக்காயும் அவித்த முட்டையும் போட்டு ஜில்லென்று தருகிறார்கள். நிறம் அப்படியே ரோஸ்மில்க். தொட்டுக்கொள்ளத் தனித் தட்டில் ஆவி பறக்கும் உருளைக்கிழங்கு. லிதுவேனிய மொழியில் அதன் பெயர் என் வாயில் நுழையவில்லை. பரிமாறிய பெண் சிரித்துவிட்டு, "எங்க ஊர்ல இது ஹலாட்னிக்" என்றார். பெலருஸ் நாட்டின் தலைநகர் மின்ஸ்க்காரர். அங்கே 2020-இல் அரசுக்கு எதிராக நடந்த போராட்டங்களுக்குப் பிறகு இந்த நகரத்துக்கு வந்துசேர்ந்த பெலருசியர்களில் ஒருவர்.

எதற்காக வந்தீர்கள் என்று கேட்டார். லுட்ஸ்கேவிச் வாழ்ந்த இடங்களைப் பார்க்க என்றேன்.

"எந்த லுட்ஸ்கேவிச்? அண்ணனா, தம்பியா?"

நான் தேடி வந்தது தம்பியை. ஆன்டன் லுட்ஸ்கேவிச், பெலருசியப் பத்திரிகையாளர், அரசியல்வாதி, 1884-இல் பிறந்தவர். அண்ணன் இவான் மூன்று வயது மூத்தவர். அப்போது இந்த நகரம் ரஷ்யப் பேரரசில் இருந்தது. பெலருசியம் என்பது குடியானவர்கள் பேசும் கொச்சை என்று ஒதுக்கப்பட்டிருந்தது. 1905 புரட்சிக்குப் பிறகு கொஞ்சம் பிடி தளர, 1906-இல் சகோதரர்களும் நண்பர்களும் இங்கே ஒரு பத்திரிகை தொடங்கினார்கள். சில இதழ்களிலேயே அரசு அதை முடக்கிவிட்டது. அடங்குகிற ஆட்கள் இல்லை. அதே நவம்பரில் அடுத்ததைக் கொண்டுவந்தார்கள்: 'நாஷா நீவா', அதாவது 'எங்கள் வயல்'.

இந்த வாரப் பத்திரிகையில் எனக்குப் பிடித்த சங்கதி ஒன்று. பெலருசியர்களில் ஆர்த்தடாக்ஸ்காரர்களுக்கு சிரிலிக் எழுத்து பழக்கம், கத்தோலிக்கர்களுக்கு லத்தீன். யாரையும் விட முடியாது. எனவே அதே செய்தி, அதே கவிதை, இரண்டு எழுத்திலும் தனித்தனியாக வெளிவந்தது, 1912 வரை. அச்சுக் கோத்தவர்களின் பாட்டை நினைத்தால் பாவமாக இருக்கிறது. பொறுப்பாசிரியராக நெடுநாள் இருந்தவர் அலக்சாந்தர் உலாசாவ். ஆன்டன் பின்னால் இருந்து தலையங்கங்களையும் அரசியல் கட்டுரைகளையும் எழுதித் தள்ளினார். இலக்கிய விமர்சனத்துக்கு ஆன்டன் நவீனா என்று ஒரு புனைபெயர். 1915-இல் ஜெர்மன் படை நெருங்கியபோது பத்திரிகை நின்றது.

பத்திரிகை அலுவலகம் இருந்த ஜவால்னயா தெருவுக்கு இன்று பிலிமோ என்று பெயர். மழையில் ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை நடந்தேன். பல் மருத்துவமனை, காபிக் கடை, பேருந்து நிறுத்தம். ஷூ நனைந்ததுதான் மிச்சம்.

பசிலியன் மடத்தில் அப்படி ஏமாறவில்லை. பழைய கோட்டைவாசலான விடியல் வாசலிலிருந்து ஊருக்குள் வரும் தெருவில், அலை அலையாக வளைந்த பெரிய பரோக் நுழைவாயில். உள்ளே போனால் தெருச் சத்தம் அறுந்துவிடுகிறது. காரை பெயர்ந்த சுவர்கள், கல் பாவிய முற்றம். இரண்டு உலகப் போர்களுக்கு இடையில் பெலருசிய உயர்நிலைப் பள்ளியும் இவான் பெயரிலான அருங்காட்சியகமும் இங்கேதான் இருந்தன. இவான் சேர்த்த பொருள்கள் ஒவ்வொன்றும் ஒரு கதை: தங்க இழை ஓடும் ஸ்லுட்ஸ்க் இடைக்கச்சைகள், பழைய ஏடுகள், முஸ்லிம்களான தாத்தார்களின் ஒரு கிராமத்தில் அவர் கண்டெடுத்த 'கிதாப்'. அந்தக் கையெழுத்துப் பிரதியின் எழுத்து அரபு, மொழி பெலருசியம்! இரண்டு எழுத்துக்கே திணறியவர்களுக்கு மூன்றாவது.

இவான் 1919-இல் காசநோயில் இறந்தார். அதன் பிறகு அருங்காட்சியகத்தைக் காத்தவர் ஆன்டன். அதற்குள் அவர் பார்க்காத அரசியல் இல்லை. 1918 மார்ச் 25-இல் மின்ஸ்க்கில் பெலருசிய மக்கள் குடியரசின் விடுதலைப் பிரகடனத்துக்கு அழுத்தம் கொடுத்தவர்கள் வில்னாவிலிருந்து (வில்னியஸுக்கு அன்றைய பெயர்) போன இந்தச் சகோதரர்கள்தாம். ஆன்டன் அதன் பிரதமரானார். நாடு ஜெர்மன் ராணுவத்தின் பிடியில் இருந்தது. படையும் இல்லை, கஜானாவும் இல்லை. 1919-இல் பாரிஸ் சமாதான மாநாட்டுக்குப் போனார், யாரும் அங்கீகரிக்கவில்லை. வில்னா போலந்துக்குப் போனது. போலந்து அரசு அவரைக் கைதுசெய்தது, 1928-இல் நீதிமன்றம் விடுவித்தது. அரசியலில் கை சுட்டுக்கொண்டவர் கண்ணாடிப் பெட்டிகளுக்குள் இருந்த ஏடுகளோடு வாழ்ந்தார். தோற்றுப்போன பிரதமர் என்று சிலர் அவரை ஒரு வரியில் முடித்துவிடுவது எனக்கு ஒப்பவில்லை.

மறுநாள் ராசோஸ் கல்லறைத் தோட்டம். சாலைக்கு இந்தப்பக்கம் பழையது, அந்தப்பக்கம் புதியது என்று தெரியாமல் புதியதில் அரை மணி நேரம் சுற்றினேன். பழையதில் போலந்துத் தலைவர் பில்சூட்ஸ்கியின் இதயம் அவர் தாயின் உடலோடு கிடக்கிறது. லிதுவேனிய விடுதலைத் தலைவர் பசனாவிச்சியஸ் கொஞ்ச தூரத்தில். இவானின் எச்சங்களைப் போலந்து மலையூரான ஜகோபானேயிலிருந்து 1991-இல் கொண்டுவந்து இங்கே புதைத்தார்கள். கல்லின் மேல் யாரோ அந்த மக்கள் குடியரசுக் கொடியின் நிறத்தில் வெள்ளை–சிவப்பு–வெள்ளை நாடா கட்டியிருந்தார்கள். ஈரத்தில் சிவப்புச் சாயம் லேசாக இறங்கியிருந்தது.

ஆன்டன் இங்கே இல்லை. 1939 செப்டம்பரில் சோவியத் படை நகருக்குள் நுழைந்தது; மாதம் முடிவதற்குள் அவரைப் பிடித்து, அப்புறம் மின்ஸ்க் சிறைக்குக் கொண்டுபோனார்கள். உலாசாவுக்கும் அதே கதிதான். சில வாரங்களில் சோவியத் நகரை லிதுவேனியாவிடம் ஒப்படைத்தது. ஆன்டனுக்கு முகாம் தண்டனை. 1942-இல் சரத்தோவ் பக்கம் அத்கார்ஸ்க்கில் இறந்தார்.

அன்று இரவும் அதே கடையில் சூப். அந்தப் பெண் தன் போனில் 'நாஷா நீவா'வைக் காட்டினார். 1991-இல் இதே நகரில் உயிர்பெற்ற பத்திரிகை. பெலருசிய அரசு 2021-இல் அதன் தளத்தை முடக்கியது, ஆசிரியரைச் சிறையில் போட்டது, பிறகு தீவிரவாத முத்திரையும் குத்தியது. "தினமும் படிப்பேன். ஆனா மின்ஸ்க்ல இருக்குற அம்மாவுக்கு லிங்க் அனுப்ப மாட்டேன்" என்றார். போனை ஏப்ரனில் துடைத்துப் பைக்குள் போட்டுக்கொண்டு, இன்னும் இரண்டு உருளைக்கிழங்கு வைக்கட்டுமா என்று கேட்டார்.