கடல் விட்டுப்போன குன்றுகள்

ஆஸ்திரியாவின் திராட்சைப் பகுதியான வைன்ஃபியர்ட்டல் பற்றி யார் எழுதினாலும் திராட்சையில்தான் தொடங்குகிறார்கள். எண்ணூரில் பிறந்து திருவொற்றியூரில் குடியிருக்கும் நான் சிப்பியில் தொடங்குகிறேன்.

வியன்னாவுக்கு வடக்கே ஷ்டெட்டன் என்றொரு சிற்றூர். அங்கே பெரிய கூடம் ஒன்றுக்குள் தரை முழுக்கச் சிப்பிகள், ஒன்றின்மேல் ஒன்றாக ஆயிரக்கணக்கில் புதைந்து கிடக்கின்றன. சில அரை மீட்டருக்கும் மேல் நீளம். சுமார் 1.6 கோடி ஆண்டுகளுக்கு முன்பு அந்த இடம் கடலாக இருந்தபோது வாழ்ந்தவை. இன்று அங்கிருந்து கடலைப் பார்க்க வேண்டுமென்றால் முந்நூறு கிலோமீட்டருக்கு மேல் போக வேண்டும். எங்கள் கழிமுகத்தில் வளரும் சிப்பிக்கு அறிவியல் வைத்த பெயர் கிராஸோஸ்ட்ரியா மெட்ராஸென்சிஸ். ஷ்டெட்டனில் கிடப்பது அதன் பழைய பங்காளி.

"கடல் இல்லாத நாட்டுக்கு வந்தும் சிப்பியைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாயே, நைனா" என்றாள் மகள். வியன்னாவில் மேற்படிப்பு படிக்கிறாள். டான்யூப் நதியில் படகேறி வாஹாவ் பள்ளத்தாக்குக்குப் போகலாம் என்று திட்டம் போட்டு வைத்திருந்தாள். வடக்கே இழுத்துப் போனது நான்.

தெற்கே டான்யூப், மேற்கே மன்ஹார்ட்ஸ்பெர்க் மலை, வடக்கே செக் நாட்டு எல்லையை ஒட்டித் தாயா ஆறு, கிழக்கே ஸ்லோவாக்கியா எல்லையில் மார்ஹ் ஆறு. இந்த நான்குக்கும் நடுவில் இருப்பதுதான் வைன்ஃபியர்ட்டல். ஆஸ்திரியாவின் மிகப் பெரிய திராட்சைப் பகுதி இதுவே. குன்றுகள் என்றாலும் பெரிய குன்றுகள் அல்ல. மிக உயரமான புஷ்பெர்க் 491 மீட்டர்தான், ஏலகிரியில் பாதிகூட வராது. கோதுமை, சர்க்கரை எடுக்கும் பீட்ரூட், சூரியகாந்தி, இடையிடையே சரிவுகளில் திராட்சை. புகைப்படத்துக்கு என்று செய்த ஊர் அல்ல. அதனால்தான் வெளிநாட்டுக்காரர்கள் வாஹாவோடு திரும்பிவிடுகிறார்கள்.

மண்ணைப் பார்த்தால் கதை வேறு. கடல் பின்வாங்கியபோது மணலும் களிமண்ணும் தங்கிவிட்டன. பிறகு பனியுகத்தில் ஆற்றுப் படுகைகளிலிருந்து காற்று வாரிவந்த நுண்துகள் அவற்றின்மேல் படிந்தது. லோயஸ் என்கிறார்கள். வெளிர் மஞ்சள் நிறம், தொட்டால் மாவுபோல் உதிரும். ஆனால் அதில் கலந்திருக்கும் சுண்ணாம்பு, அந்தத் துகள்களைப் பிடித்து வைத்திருப்பதால் செங்குத்தாக வெட்டினாலும் சரியாமல் நிற்கும். மண்வெட்டி போதும், முட்டுக்கட்டை வேண்டாம். இதைக் கண்டுகொண்ட விவசாயிகள் குன்றின் பக்கவாட்டில் குடைந்துகொண்டே போனார்கள்.

அப்படி உருவானவைதான் கெல்லர்காஸெ என்னும் பாதாள அறைத் தெருக்கள். ஊருக்கு வெளியே, வண்டிப்பாதையின் இருபுறமும் வெள்ளையடித்த சிறு வீடுகள் வரிசையாக நிற்கும். உள்ளே யாரும் குடியிருப்பதில்லை. முன்னறையில் திராட்சை பிழியும் பொறி, பின்னால் குன்றுக்குள் இறங்கும் படிகள், ஆழத்தில் பீப்பாய்கள். கோடையிலும் குளிர்காலத்திலும் ஏறக்குறைய ஒரே குளிர்ச்சி. வடமேற்கே ரெட்ஸ் நகரத்தில் இன்னும் ஒரு படி மேலே போய், பழைய கடல்மணலையே குடைந்து ஊருக்கடியில் பல அடுக்குகளாகச் சுரங்கம் அமைத்திருக்கிறார்கள். மொத்த நீளம் சுமார் 20 கிலோமீட்டர். மேலே இருக்கும் தெருக்களைவிடக் கீழே இருப்பவை நீளம்.

அங்கே நான் மேலே பார்த்துக்கொண்டே நடந்தேன். எனக்கு வேலை மணலியில், எண்ணெய்த் தொட்டிகளைச் சுத்தம் செய்யும் ஒப்பந்தத்தில் மேற்பார்வை. மூடிய இடத்துக்குள் ஆள் இறங்கும் முன் வாயுவை அளக்க வேண்டும், ஆக்சிஜன் 19.5 சதவீதத்துக்குக் கீழே போனால் இறங்கக்கூடாது, அனுமதிச் சீட்டில் கையெழுத்து விழாது. திராட்சைச்சாறு புளிக்கும் பாதாள அறையும் அப்படிப்பட்ட இடம்தான். ஒரு லிட்டர் சாறு புளித்து முடிவதற்குள் நாற்பது லிட்டருக்கு மேல் கரியமில வாயு வெளிவரும். காற்றைவிடக் கனமானது என்பதால் படியிறங்கிக் கீழே போய்த் தேங்கும். வாசனை கிடையாது. அந்தக் காலத்து ஆட்கள் மெழுகுவர்த்தியைத் தாழப் பிடித்துக்கொண்டு இறங்கினார்கள். சுடர் அணைந்தால் திரும்பி ஏறிவிட வேண்டும். குன்றின் மேலே, திராட்சைக் கொடிகளுக்கு நடுவில், குட்டிப் புகைபோக்கிபோல் குழாய்கள் துருத்திக்கொண்டிருப்பதைப் பார்த்தேன். அறைகளின் காற்றோட்டத் துளைகள். மகள் கட்டடங்களைப் படம் பிடித்தாள்; நான் அந்தக் குழாய்களைப் படம் பிடித்தேன். வேலை புத்தி எங்கே போனாலும் கூடவே வருகிறது.

கடல் விட்டுப்போன இன்னொன்று எண்ணெய். அது உருவானது இந்தக் கடலுக்கும் வெகு முந்தைய ஜுராசிக் காலப் பாறையில். கசிந்து மேலேறி இந்த மணல் அடுக்குகளில் தங்கியது. 1934இல் ட்ஸிஸ்டர்ஸ்டார்ஃப் அருகே லாபம் தரும் முதல் கிணறு கிடைத்தது. பிறகு ஹிட்லரின் போர் இயந்திரம் அதை உறிஞ்சியது. 1945இல் சோவியத் படை வந்து எண்ணெய் வயல்களைக் கைப்பற்றியது. 1949இல் மட்ஸெனில் மாபெரும் எண்ணெய் வயல் கண்டுபிடிக்கப்பட்டதும் அவர்கள் காலத்தில்தான். 1955இல் அந்நியப் படைகள் வெளியேற ஒப்புக்கொண்டபோது, அதற்கு ஈடாக ஆண்டுக்கணக்கில் கச்சா எண்ணெய் அனுப்ப ஆஸ்திரியா சம்மதித்தது. அந்த நாட்டின் விடுதலைக்கான விலையில் ஒரு பங்கு இந்தத் திராட்சைக் குன்றுகளுக்கு அடியிலிருந்து போனது என்பதை மது விற்பவர்கள் ஏனோ சொல்வதில்லை.

ப்ரோட்டெஸ் என்ற ஊரில் எண்ணெய் எடுக்கும் முறையை விளக்கும் நடைபாதை ஒன்று இருக்கிறது. அந்தப் பக்கத்து வயல்களில் இன்னும் பம்புகள் தலையாட்டிக்கொண்டிருக்கின்றன. நம் டெல்டாவில் எண்ணெய்க் கிணறும் வயலும் அருகருகே இருப்பதைப் பற்றிய சண்டையை அறிந்தவன் என்பதால், கசிவு இருக்கிறதா என்று தரையைத்தான் முதலில் பார்த்தேன். நான் நின்ற இடத்தில் இல்லை. அதை வைத்து எல்லா இடமும் அப்படித்தான் என்று சொல்லமாட்டேன்.

எரிவாயு, எண்ணெய், தானியம், மது எல்லாம் வியன்னாவுக்கு இந்தப் பக்கத்திலிருந்து போயிருக்கின்றன. வியன்னாக்காரர்கள் உலாப் போவது வேறு பக்கம். மணலியிலும் எண்ணூரிலும் இருப்பவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

ரயிலும் இந்தப் பக்கம்தான். ஆஸ்திரியாவின் முதல் நீராவி ரயில் 1837இல் வியன்னாவை அடுத்த ஃப்ளோரிட்ஸ்டார்ஃபிலிருந்து டாய்ச்-வாக்ராம் வரை ஓடியது. அதே 1837இல்தான் நம் செங்குன்றத்திலிருந்து சிந்தாதிரிப்பேட்டைக்குச் சாலை போடும் கல்லை ஏற்றிக்கொண்டு இந்தியாவின் முதல் இருப்புப்பாதை வண்டி வந்தது. தென்னிந்தியாவின் முதல் ரயில் நிலையமான இராயபுரத்தையே பாதிப்பேர் மறந்துவிட்ட ஊரில் செங்குன்றத்தை யார் நினைப்பார்கள்! டாய்ச்-வாக்ராமுக்கு வேறு புகழும் உண்டு. 1809 ஜூலையில் நெப்போலியன் ஆஸ்திரியர்களைத் தோற்கடித்த வாக்ராம் போர் அங்கே நடந்தது. வடகிழக்கே ட்யூர்ன்க்ரூட் அருகே 1278இல் பொஹீமிய மன்னர் இரண்டாம் ஓட்டோகர் வீழ்ந்து, ஹாப்ஸ்பர்க் வம்சத்துக்கு ஆஸ்திரியா கிடைத்தது. சமவெளி அகலமாக இருந்தால் படைகள் தேடி வந்துவிடும்.

கடைசியாக வந்தது முள்வேலி. இரண்டாம் உலகப் போருக்குப் பின் செக்கோஸ்லோவாக்கிய எல்லை அடைபட்டு, வடக்கூர்கள் முட்டுச்சந்து ஆயின. இளைஞர்கள் வியன்னாவுக்கு வேலை தேடிப் போனார்கள். பாதாள அறைகள் பல பூட்டிக் கிடந்தன. 1989 டிசம்பரில் வேலி வெட்டப்பட்டது. 2007 டிசம்பரில் எல்லைச் சோதனையும் நின்றது.

மதுவைப் பற்றியும் சொல்லத்தான் வேண்டும். இங்கே ராஜா க்ரூனர் ஃபெல்ட்லீனர் என்ற வெள்ளைத் திராட்சை. மிளகின் காரம் தெரியும் என்பார்கள்; எனக்குத் தெரிந்தது. மிளகில் இருக்கும் ரோட்டன்டோன் என்ற அதே வேதிப்பொருள் இந்தத் திராட்சையின் தோலிலும் இருக்கிறது. 1985இல் ஆஸ்திரிய வணிகர்கள் சிலர் மதுவில் டைஎத்திலீன் கிளைக்கால் என்ற நச்சு ரசாயனத்தைக் கலந்து மாட்டிக்கொண்டதில் நாட்டின் ஏற்றுமதியே சரிந்தது. மணலியில் அதை டிரம்மில்தான் பார்த்திருக்கிறேன். குடிக்கும் பொருளில் கலக்கக் கை வந்ததே என்று ஆச்சரியம். அதன்பின் சட்டம் இறுகியது. 2002 அறுவடையிலிருந்து, இந்த மண்ணுக்குரிய சுவையோடு இருக்கும் க்ரூனர் ஃபெல்ட்லீனர் மட்டுமே புட்டியில் வைன்ஃபியர்ட்டல் என்று பெயர் போட்டுக்கொள்ளலாம் என்ற விதி வந்தது. நாட்டிலேயே அப்படி ஒரு விதியைப் பெற்ற முதல் பகுதி இது.

எனக்குப் பிடித்தது அதைவிட ஷ்டுர்ம். பாதி புளித்த சாறு, கலங்கலாக, நுரைத்துக்கொண்டு, இலையுதிர் காலத்தில் மட்டும் கிடைக்கும். காலைக் கள்ளைப்போல் இனிப்பாக ஏமாற்றும். புட்டியை இறுக மூடக்கூடாது, வெடித்துவிடும். மகள் அதைப் பையில் படுக்கவைத்து ரயிலேறப் பார்த்தாள். நிமிர்த்தி வைக்கச் சொல்லி வியன்னா வரை காலுக்கிடையில் பிடித்துக்கொண்டு வந்தவள் என் மனைவி.

போகிறவர்கள் செப்டம்பர் கடைசியில் போங்கள். ஷ்டெட்டனை முதலில் பாருங்கள், ரெட்ஸை அடுத்து. வெயில் அடித்தாலும் ஸ்வெட்டர் எடுத்துக்கொள்ளுங்கள், சுரங்கத்துக்குள் குளிரும். ப்ரோட்டெஸுக்கு வர வீட்டில் யாரும் ஒத்துக்கொள்ளவில்லை என்றால் தனியாகப் போய்விட்டு வாருங்கள்.