கார்ல் வீகோர்ஸ்ட்: ஒரு சுற்றுக்கு ஒரு படம்

டென்மார்க்கின் கேலிச்சித்திரக்காரர் ஸ்டோர்ம் பி.யை எல்லோரும் சொல்வார்கள். 1920 வாக்கில் அவருடைய கோடுகளை அசைய வைத்த ஒளிப்பதிவாளர் கார்ல் வீகோர்ஸ்டைச் சொல்பவர்கள் குறைவு.

அன்றைய மௌனப்படக் கேமராவில் கைப்பிடியை ஒரு சுற்று சுற்றினால் 8 ஃபிரேம் (தனித்தனிப் படம்) ஓடும். அனிமேஷனுக்குக் கைப்பிடியை வேறு அச்சில் மாட்டுவார்கள், சுற்றுக்கு ஒன்றுதான். திரையில் நொடிக்கு 16 என்றால், ஒரு நிமிடத்துக்கு 960 ஃபிரேம், அதாவது 60 அடி ஃபிலிம்.

சிக்கலே அந்தக் கைப்பிடிதான். ஒரு சுற்று வேகமாகப் போனால் அந்த ஃபிரேம் இருண்டுவிடும், மெதுவானால் வெளுக்கும். திரையில் படம் மினுக்மினுக்கென்று துடிக்கும். விளக்குக்கு வரும் மின்னழுத்தம் ஏறி இறங்கினாலும் இதே கதி. வரைந்த தாள் மயிரிழை நகர்ந்தால் போச்சு, படத்தில் உள்ள வீடே ஆடும்.

ஒரே சௌகரியம்: அன்றைய ஃபிலிமுக்கு வெளிர்நீலம் வெள்ளையாகத்தான் தெரியும். முதலில் மாதிரிக்குப் போட்ட வெளிர்நீலப் பென்சில் கோட்டை அழிக்கவே வேண்டாம்.