அம்மாவின் சலசலப்பு மாத்திரை

இலங்கை மலையகத்தில், எங்கள் தேயிலைத் தோட்டத்தில் யாரிடமாவது என்ன மருந்து குடிக்கிறீர்கள் என்று கேட்டால் பெயர் வராது, நிறம்தான் வரும். "வெள்ளை ஒன்னு, ரோஸ் ஒன்னு, ராவைக்கு மஞ்சள்ல பாதி." என் அம்மாவும் அப்படித்தான். தோட்டத்தில் 'பேர்' என்றால் ஒரு நாள் சம்பளம். அதைத்தான் 36 வருடமாகக் கணக்குப் பார்த்துப் பழக்கம். மாத்திரைக்கும் ஒரு பேர் உண்டு என்று அவருக்கு யாரும் சொன்னதில்லை, அவரும் கேட்டதில்லை. பாடசாலையில் தமிழ் படிப்பிக்கிற நானும் அந்த உறைகளைத் திருப்பிப் பார்த்ததில்லை.

2022 கடைசியில், மழை விடாமல் பெய்த ஒரு மாதத்தில், அம்மாவால் ரொட்டிக்கு மாவு பிசைய முடியாமல் போனது. இரண்டு மணிக்கட்டும் வீங்கி, விரல்களின் அடிமூட்டுகள் பளபளவென்று இருந்தன. குளிர், வாதம், கொழுந்து எடுத்த கை, வயசு என்று லயத்தில், அதாவது எங்கள் வரிசை வீடுகளில், ஆளுக்கொரு காரணம் சொன்னார்கள். சித்தாலேப தைலம் தேய்த்தோம். டிஸ்பென்சரியில் வலி மாத்திரை கிடைத்தது. வலி கொஞ்சம் குறைந்து வயிறு எரியத் தொடங்கியது.

டிக்கோயாவில் பார்த்த டாக்டர்தான் முதன்முதலாக சரியான கேள்வியைக் கேட்டார்: காலையில் எழும்பியதும் கை எவ்வளவு நேரம் விறைத்திருக்கும்? அம்மா மணி சொல்லவில்லை. "தேத்தண்ணி குடிச்சி, பிரட்டு கலைஞ்சி, பொம்பளைங்க மலை ஏறுற வரைக்கும்" என்றார். பிரட்டு என்பது காலையில் வேலைக்கு ஆள் கூட்டிக் கணக்கெடுப்பது. டாக்டர் சிரித்துவிட்டு, அது ஒரு மணித்தியாலத்துக்கு மேல் வருமா என்று என்னைக் கேட்டார். தாராளமாக வரும் என்றேன். தேய்மானத்தால் வரும் மூட்டு வலியில் காலை விறைப்பு பொதுவாக அரை மணித்தியாலத்துக்குள் விட்டுவிடுமாம். இப்படி நீண்டு, இரண்டு கைகளிலும் ஒரே மாதிரி வந்தால் வேறு சந்தேகம். கண்டிக்குக் கடிதம் எழுதிக் கொடுத்தார்.

கண்டி என்பது எங்களுக்கு ஒரு நாள் வேலை. விடியுமுன் நோர்வூட் வரை முச்சக்கர வண்டி, அங்கிருந்து ஹட்டன், பிறகு கினிகத்தேனை, நாவலப்பிட்டி, கம்பளை, பேராதனை என்று வளைந்து வளைந்து இறங்கும் பஸ். கினிகத்தேனை வளைவுகளில் அம்மாவுக்கு வாந்தி வரும் என்பதால் தோடம்பழத் தோலை மடியில் வைத்துக்கொள்வார். இரத்தம் எடுத்தார்கள், கைகளை எக்ஸ்ரே பிடித்தார்கள், இன்னொரு நாள் வரச் சொன்னார்கள். அந்த இன்னொரு நாளில்தான் முடக்குவாதம் என்று சொன்னார்கள். உடம்பின் காவல் படையே மூட்டின் உட்சவ்வைப் பகையென்று நினைத்துத் தாக்குகிற நோய். வலி மாத்திரை அழற்சியின் சூட்டைத் தணிக்குமே தவிர மூட்டு அரிபடுவதை நிறுத்தாது, நிறுத்துவதற்கு வேறு வகை மருந்து வேண்டும் என்றார் டாக்டர். கிளினிக் புத்தகத்தில் ஒரு நீளமான பெயரை எழுதினார்.

தாதி ஒருவர் எங்களை மறித்து, செப்ட்ரின் மாத்திரை எப்போதாவது குடித்து உடம்பில் தடிப்பு வந்ததா, அஸ்பிரின் ஒத்துக்கொள்ளுமா என்று சிங்களத்தில் கேட்டார். இரண்டுக்கும் அம்மா இல்லை என்றார். இந்த இரண்டு மருந்தையும் ஏன் குறிப்பாகக் கேட்கிறார் என்று எனக்கு அப்போது விளங்கவில்லை.

திரும்பி வரும் பஸ்ஸில் புத்தகத்தை விரித்து வைத்துக்கொண்டு அந்தப் பெயரை எழுத்துக் கூட்டினேன். சல்-பா-ச-ல-சின். பகுபத உறுப்பிலக்கணம் படிப்பிக்கிறவளுக்கு ஒரு சொல்லைக் கண்டால் கை சும்மா இருக்காது. பகுதி எது, விகுதி எது, நடுவில் சந்தி என்ன? வீட்டுக்கு வந்து போனில் தேடித் தேடி அதைப் பிரித்தேன். இவ்வளவு ஒழுங்காகப் பிரியும் என்று நினைக்கவில்லை.

முன்பகுதி சல்பா. கந்தகத்தின் பெயரிலிருந்து வந்தது. பழைய சல்பா வகை கிருமிக்கொல்லிகளின் குடும்பம். செப்ட்ரினிலும் ஒரு சல்பாதான் இருக்கிறது. நடுவில் வரும் 'சல', சலிசிலிக் அமிலம். வில்லோ மரத்தின் லத்தீன் பெயர் சாலிக்ஸ், அதிலிருந்து வந்த சொல். அஸ்பிரினுக்கும் அதுதான் பூர்வீகம். ஆக, தாதி கேட்ட இரண்டு கேள்வியும் இந்த ஒரு பெயருக்குள்ளேயே இருந்தன. இந்த இரண்டையும் கட்டி வைத்திருப்பது அசோ என்ற பிணைப்பு, இரண்டு நைதரசன் அணுக்கள் கைகோத்து நிற்பது. பெயரில் அது ஓர் அசையாக ஒட்டிக்கொண்டிருக்கிறது. தமிழில் சொன்னால் அதுதான் சந்தி. மாத்திரை பெருங்குடலுக்குப் போனதும் அங்கிருக்கும் பற்றீரியாக்கள் அந்தச் சந்தியைப் பிரித்துவிடுகின்றன. சல்பாபிரிடின் ஒரு பக்கம், அமினோசலிசிலிக் அமிலம் ஒரு பக்கம். என் மாணவர்கள் 'மரவேர்' என்பதைப் பிரிக்கப் படும் பாட்டை நினைத்தால் குடல் கிருமிகளின் இலக்கண அறிவு பரவாயில்லை.

அம்மாவிடம் இதைச் சொன்னேன். "கந்தகமா? வெடி மருந்துல்ல அது?" என்றார். அதன் பிறகு இரண்டு நாள் மாத்திரையைத் தொடவே இல்லை. இலக்கணத்தை எல்லாரிடமும் சொல்லக்கூடாது.

அடுத்த பீதி பெட்டிக்குள் இருந்த தாளால் வந்தது. அதில் பெருங்குடல் அழற்சி என்று முதலில் போட்டிருந்தது. குடல் வியாதி மருந்தை மூட்டுக்கு மாற்றிக் கொடுத்துவிட்டார்கள் என்று வீட்டில் முடிவே கட்டிவிட்டார்கள். உண்மையில் கதை மறுபக்கமாக நடந்திருக்கிறது. 1930களின் இறுதியில் சுவீடனில் நன்னா ஸ்வார்ட்ஸ் என்ற பெண் மருத்துவர், முடக்குவாதம் ஏதோ கிருமியால் வருகிறது என்று அன்றைக்கு நம்பப்பட்டதால், கிருமிக்கு சல்பாவும் வலி வீக்கத்துக்கு சலிசிலேட்டும் ஒரே மூலக்கூறில் இருக்கட்டும் என்று ஒரு மருந்துக் கம்பனியுடன் சேர்ந்து இதை உண்டாக்கினார். ஆக இது பிறந்ததே மூட்டுக்காகத்தான். குடல் நோய்க்கும் கேட்கிறது என்று கண்டு அங்கே பெயர் எடுத்தது. மூட்டு வைத்தியத்தில் மறக்கப்பட்டு, 1970களின் இறுதியில் மறுபடி திரும்பி வந்தது. கிருமிக் கணக்கு தப்பு, மருந்து மட்டும் சரி. குடலுக்கு வேலை செய்வது சலிசிலேட் பாதி. அதைத் தனியாக எடுத்ததுதான் மெசலசின். அந்தப் பெயரின் வால் இதே வால். மூட்டுக்கு சல்பா பாதியின் பங்கு பெரியது என்று கருதுகிறார்கள், முழு விபரம் இன்றைக்கும் தீர்ந்தபாடில்லை.

சரி, மருந்து வாங்கிய கதைக்கு வருகிறேன். டொலர் தட்டுப்பாட்டின் வால் 2023இலும் நீண்டிருந்தது. ஆஸ்பத்திரி மருந்து ஜன்னலில் முதல் மாதம் கிடைத்தது. இரண்டாவது மாதம் "வெளியில் வாங்குங்க" என்று மருந்து எழுதிய துண்டைக் கொடுத்துவிட்டார்கள். அன்று நான் பாடசாலை முடிந்து நேரே பார்மசிக்குப் போனேன், துண்டு வீட்டில். பெயர்தான் தெரியுமே என்ற மிதப்பு. "சல்பா..." என்று தொடங்கினேன், கூட்டத்தில் மீதி கடைப் பையனுக்குக் கேட்கவில்லை போலும். அவன் ஒரு டியூப்பைக் கொண்டு வந்து வைத்தான். சில்வர் சல்பாடயசின். தீக்காயத்துக்குப் பூசுகிற கிரீம். அதுவாவது கிரீமாக இருந்ததால் உடனே தெரிந்தது. சல்பாடயசின் மாத்திரையாகவும் உண்டு, அதே 500 மில்லிகிராமில். அது ஒரு கிருமிக்கொல்லி, அம்மாவின் மூட்டுக்கு ஒன்றுமே செய்யாது. இந்த இரண்டு பெயரும் குழம்பக்கூடியவை என்று மருந்துப் பாதுகாப்புப் பட்டியல்களிலேயே எச்சரித்து வைத்திருக்கிறார்கள். பெயரின் தலையை மட்டும் தெரிந்துகொண்டு போகக்கூடாது, வாலையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அன்றிலிருந்து துண்டு இல்லாமல் போனதில்லை. உறையில் இருக்கும் பெயரையும் துண்டில் இருக்கும் பெயரையும் கவுண்டரிலேயே எழுத்து எழுத்தாக ஒப்பிடுகிறேன். பழைய டாக்டர்கள் சிலர் ஆங்கிலத்தில் 'எஃப்' வரும் இடத்தில் 'பி எச்' போட்டு எழுதுவார்கள். அது மட்டும் பிழையல்ல, பழைய எழுத்துமுறை.

பிராண்ட் பெயரை மட்டும் வைத்துத் தேடியிருந்தால் அந்த வருடம் மருந்து கிடைத்திருக்காது. மருந்தை அதன் பொதுப் பெயரில் எழுத வேண்டும், வாங்க வேண்டும் என்று இந்த நாட்டில் பாடுபட்டவர் மருந்தியல் பேராசிரியர் செனக்க பிபிலே. 1971இல் அரச மருந்துக் கூட்டுத்தாபனம் உருவானதில் அவருக்குப் பெரிய பங்கு; அதன் கடைகள்தான் ஒசுசல. 1977இல் கயானாவில் இறந்துபோனார். அவர் பணியாற்றிய பேராதனையைத் தாண்டித்தான் எங்கள் பஸ் கண்டிக்குள் நுழைகிறது. பொதுப் பெயர் கையில் இருந்ததால், சலசொபைரின் என்ற பிராண்ட் இல்லையென்றாலும் வேறு கம்பனியின் சல்பாசலசின் கிடைத்தது.

குடிக்கும் முறையில் அம்மாவுடன் ஒரே போராட்டம். முதல் வாரம் நாளைக்கு ஒன்று, இரண்டாம் வாரம் இரண்டு, அப்புறம் மூன்று, நான்காம் வாரம் காலை இரண்டும் இரவு இரண்டுமாக 2 கிராம். உறையில் 'உதே', 'ரே' என்று சிங்களத்தில் எழுதியிருந்ததை அம்மா படிக்க முடியாது என்பதால் ஒரு சூரியனும் ஒரு பிறையும் வரைந்து விட்டேன். மூன்றாம் வாரம் வயிறு பிரட்டுகிறது, சாப்பாடு பிடிக்கவில்லை என்றார். பார்த்தால் மாத்திரையை இரண்டாக உடைத்து விழுங்குகிறார்! பெரிசாக இருக்கிறதாம், தொண்டையில் நிற்கிறதாம். பெயருக்குப் பின்னால் இருந்த 'ஈ.என்.' என்ற இரண்டு எழுத்தின் பொருளே அதுதான்: வயிற்றில் கரையாமல் குடலில் கரையும்படி பூசப்பட்டது. உடைத்தால் பூச்சு போச்சு. சாப்பாட்டுக்குப் பிறகு, முழுதாக, நிறையத் தண்ணீருடன் என்று பழக்கிய பிறகு வயிறு பெரும்பாலும் அடங்கியது. போலிக் அமிலமும் கொடுத்திருந்தார்கள், இந்த மருந்து உடம்பு அதை எடுத்துக்கொள்வதைக் குறைக்கும் என்பதால்.

அதற்குள் ஒரு நாள் விடியக் காலை அம்மா என்னை எழுப்பினார். "புள்ள, ஒன்னுக்கு மஞ்சத்தண்ணி மாதிரி போவுது." பக்கத்துக் காம்பராப் பெரியம்மா காமாலை என்று தீர்ப்புச் சொல்லி, கீழாநெல்லி பறிக்கவே கிளம்பிவிட்டார். எனக்கு மறுபடி அந்த சந்தி ஞாபகம் வந்தது. அசோ பிணைப்புள்ள பொருட்களுக்கு நிறம் உண்டு. துணிச் சாயங்களில் பாதி அந்தக் குடும்பம்தான். இந்த மருந்தில் சிறுநீர் செம்மஞ்சளாகப் போவது சாதாரணம், வியர்வைகூட நிறம் மாறலாம். ஆனால் கண் வெள்ளை மஞ்சளானால் அது வேறு கதை, ஈரலைப் பார்க்க வேண்டும். அம்மாவை வெளிச்சத்துக்குக் கூட்டி வந்து இஸ்தோப்பில், அதாவது வாசல் திண்ணையில், வைத்துக் கண்ணை இழுத்துப் பார்த்தேன். வெள்ளையாகத்தான் இருந்தது. ஆனாலும் அடுத்த இரத்தப் பரிசோதனை முடிவு வரும்வரை நான் சரியாகத் தூங்கவில்லை.

இரத்தப் பரிசோதனைதான் உண்மையில் சிரமமான பகுதி. முதல் மூன்று மாதம் இரண்டு வாரத்துக்கு ஒரு தடவை இரத்த அணுக்களும் ஈரலும் பார்க்கச் சொல்லியிருந்தார்கள். இந்த மருந்து அபூர்வமாக வெள்ளை அணுக்களைக் குறைத்துவிடுமாம். காய்ச்சல், தொண்டை நோவு, வாய்ப்புண், காரணமில்லாத இரத்தக் கண்டல், தோல் தடிப்பு, இவற்றில் எது வந்தாலும் அடுத்த கிளினிக் வரை காத்திருக்காமல் மருந்தை நிறுத்திவிட்டு உடனே வர வேண்டும் என்றார் டாக்டர். மற்றபடி, "அம்மே, மே பெஹெத் நவத்தன்ன எபா" என்று கையெடுத்துக் கும்பிடாத குறையாகச் சொன்னார். நிறுத்தாதீர்கள். ஏனென்றால் ஆறு வாரம் வரை, சிலருக்குப் பன்னிரண்டு வாரம் வரை, ஒரு மாற்றமும் தெரியாது. பலர் அதற்குள் விட்டுவிடுகிறார்களாம்.

நாங்களும் விட்டிருப்போம். ஏழாம் வாரம் அம்மா மாத்திரை உறையைக் குப்பைக் கூடைக்குள் போட்டதை நான் பார்த்தேன். எடுத்துக் கழுவித் துடைத்து மறுபடி வைத்தேன். பத்தாவது வாரத்தில் ஒரு நாள் நான் பாடசாலை முடிந்து வந்தபோது அம்மா தலைமுடியைத் தானே அள்ளிக் கொண்டை போட்டிருந்தார். அதைப்பற்றி அவரும் ஒன்றும் சொல்லவில்லை. இரவு ரொட்டி அவர் பிசைந்தது.

இப்போது மருந்தின் பெயர் அவருக்குத் தெரியும், அவருடைய பாணியில். 'சலசலப்பு மாத்திரை.' பனங்காட்டு நரி சலசலப்புக்கு அஞ்சாது என்று ஒரு பழமொழியையும் சேர்த்துவிடுவார். யாழ்ப்பாணத்து நல்லூர்த் திருவிழாவுக்குப் போன ஒரே தடவையைத் தவிர வாழ்க்கையில் பனை மரம் பார்க்காதவர். கிளினிக்கில் டாக்டர் கேட்டபோது அப்படியே சொன்னார். டாக்டருக்குத் தமிழ் தெரியாது. ஆனாலும் 'சல' என்றதும் புரிந்துகொண்டு தலையாட்டினார்.

போன மாதம் கீழ் லயத்து அக்கா ஒருவரை அம்மாவே கூட்டிக்கொண்டு வந்தார். அவருக்கும் கைவிரல் வீக்கம், அவருக்கும் கண்டி கிளினிக். கையில் வேறொரு உறை. பெயர் மெத்தோட்ரெக்சேட். கீழே சிங்களத்தில் ஒரே ஒரு சொல், அதைத்தான் அவரால் படிக்க முடியவில்லை: 'சிகுராதா'. வெள்ளிக்கிழமை. வாரத்துக்கு ஒரே ஒரு நாள் மட்டும் எடுக்கிற மருந்து அது. தினமும் எடுத்தால் எலும்பு மச்சையையே கெடுத்துவிடும். அவர் இரண்டு நாளாக தினமும் குடித்திருந்தார். அன்றைக்கே டிக்கோயாவுக்கு அனுப்பி இரத்தம் பார்க்க வைத்தோம், நல்ல வேளையாக ஒன்றும் ஆகியிருக்கவில்லை. திரும்பி வந்ததும் அவர் வீட்டு முருகன் படக் கலண்டரில் வெள்ளிக்கிழமைகளை மட்டும் வட்டம் போட்டுக் கொடுத்தேன்.

"வட்டம் போட்டாப் போதுமா?" என்றார் அம்மா. "பேரைச் சொல்லிக் குடு புள்ள."